கண்ணாடிமேல் பொட்டு

மகள் அனுப்பிய படத்தை மங்களம் புலாவ் செபாங் ஊர் முழுக்கக் காட்டிவிட்டாள். ரயில் ஸ்டேஷன் பக்கத்தில் அவள் போட்டிருக்கும் தோசைக் கடைக்கு வந்தவர்கள் யாரும் தப்பவில்லை. சட்னி கேட்டவருக்கும் படம், தண்ணீர் கேட்டவருக்கும் படம். போனை நீட்டி, அவர்கள் ஏதாவது நல்லதாகச் சொல்லும்வரை கையை மடக்க மாட்டாள்.

அது போட்டோ இல்லை, தீட்டிய ஓவியம். முப்பது வயதுப் பெண்ணின் முகம். இரண்டு பக்கமும் கனத்த மாலை, பெரிய குங்குமப் பொட்டு, இடது கன்னத்தில் இளஞ்சிவப்பு. அந்த முகம் மங்களத்துடையது. சர்க்கரை வருவதற்கு முன்பு, உடம்பு ஊதுவதற்கு முன்பு, கண்ணாடி போடுவதற்கு முன்பு இருந்த மங்களம். கீழே புனிதா எழுதியிருந்தாள்: 'ஞாயித்துக்கெழம ரெண்டு மணிக்கு ஆயர் குரோவுல கண்காட்சி. உங்களத்தான் வரஞ்சிருக்கேன். வாங்க.'

"கல்யாண மாலை போட்டுல்ல வரஞ்சிருக்கா" என்றாள் கடையில் கூட நின்று தோசை ஊற்றும் ராமாத்தாள். "மூஞ்சியில வெக்கத்தப் பாரேன். ஒன்ன மன்னிச்சிட்டா மங்களம். இல்லாட்டி எவளாச்சும் பெத்தவள மணக்கோலத்துல வரைவாளா?"

மன்னிக்க வேண்டியது கொஞ்ச நஞ்சமில்லை. புனிதாவுக்குப் பதினோரு வயதானபோது மங்களம் வீட்டை விட்டுப் போனாள். புருஷன் தங்கராஜு குடித்துவிட்டு அடிப்பான். அதற்காகப் போயிருந்தால் ஊரே அவள் பக்கம் நின்றிருக்கும். ஆனால் அவள் போனது பெரியதம்பியோடு. லாரி ஓட்டுகிறவன், சிரிக்கச் சிரிக்கப் பேசுகிறவன், பிள்ளையோடு வருவதானால் வராதே என்று முதலிலேயே சொல்லிவிட்டவன். மங்களம் பிள்ளையை விட்டுவிட்டு வந்தாள். அதை எப்படிப் புரட்டிப் பார்த்தாலும் அவ்வளவுதான் விஷயம்.

பெரியதம்பி செத்துச் சில வருடம் ஆகிறது. தங்கராஜுவும் போன வருடம் போய்ச் சேர்ந்தான். மங்களத்துக்கு உலகத்தில் மிச்சம் இருப்பவள் புனிதா ஒருத்திதான். அவள் புக்கிட் ரம்பாயில் ஒரு ஃபேக்டரியில் சூப்பர்வைசராக இருக்கிறாள் என்பதையே ஆள் வைத்து விசாரித்துத்தான் தெரிந்துகொண்டாள். போன் நம்பரும் அப்படிக் கிடைத்ததுதான். வாட்ஸ்அப்பில் அழுது அழுது பேசி அனுப்பியதற்கெல்லாம் பதிலாக வந்தது இந்தப் படம் ஒன்றுதான். ஒரு தடவை அவள் வாயால் 'அம்மா' என்று கேட்டுவிட வேண்டும். மங்களத்துக்கு வேறு எந்த ஆசையும் இல்லை.

ஞாயிற்றுக்கிழமை அரக்குப் பட்டு கட்டி, தலைக்குப் பூ வைத்து, கிராப் வாடகைக் காரில் ஏறி ஆயர் குரோ போனாள். கடைவரிசைக்கு மேல் மாடியில் ஒரு மண்டபம். வேலைக்குப் போகிறவர்களுக்காகச் சனிக்கிழமைகளில் நடக்கும் ஓவிய வகுப்பின் கண்காட்சி அது. வந்திருந்தவர்கள் வரைந்தவர்களும் அவர்கள் வீட்டு ஆட்களும்தான். மங்களத்துக்கு யாரையும் தெரியாது. அவளையும் யாருக்கும் தெரியாது.

வாசலில் நின்ற புனிதாவைப் பார்த்ததும் மங்களத்துக்குக் கண் நிறைந்துவிட்டது. தங்கராஜுவின் உயரம், மங்களத்தின் மூக்கு.

"வந்துட்டீங்களா? முன் வரிசையில உக்காருங்க" என்றாள் புனிதா.

அம்மா என்று கூப்பிடவில்லை. கூட்டத்தில் பிள்ளை கூச்சப்படுகிறது என்று மங்களம் தனக்குத் தானே சமாதானம் சொல்லிக்கொண்டாள். அவளுக்குச் சமாதானம் சொல்லிக்கொள்வது புதிதில்லை. அதில் கைதேர்ந்தவள்.

வகுப்பு நடத்தும் பவானேஸ்வரி மைக்கைப் பிடித்தாள். ஏதோ காலேஜில் விரிவுரையாளர். நல்ல பெண், நல்ல குரல், தான் பேசுவதைத் தானே ரசிக்கிற சுபாவம் மட்டும் கொஞ்சம் உண்டு.

"படம் பாக்குறதுக்கு ரெண்டு ஃப்ரேம் சொல்லிக் குடுத்திருக்கேன்" என்றாள். "சப்ஜெக்டிவ்னா அகவயம். படம் ஒங்க மனசுக்குள்ள என்ன பண்ணுதுன்னு பாக்குறது. ஸ்ட்ரக்சரல்னா கட்டமைப்பு. எந்த அடையாளத்த எங்க வெச்சிருக்காங்க, ஏன் வெச்சிருக்காங்கன்னு பாக்குறது. மொதல்ல மனசு, அப்புறம் கண்ணு. இன்னிக்கு புனிதாவோட படத்த எடுத்துக்குவோம்."

துணியை விலக்கினாள். போனில் உள்ளங்கை அளவாக இருந்த முகம் ஆள் உயரத்துக்கு நின்றது. மங்களத்துக்கு உடம்பெல்லாம் புல்லரித்தது. இத்தனை பெரிதாகத் தன்னை வரைய எத்தனை நாள் தன் முகத்தையே நினைத்துக்கொண்டிருந்திருப்பாள் பிள்ளை! பொட்டு மட்டும் நெற்றி நடுவில் இல்லாமல் புருவத்தின்மேல் இறங்கியிருந்தது. வரையும்போது கை வழுக்கியிருக்கும், அதனால் என்ன.

"இவங்க யாரு? என்ன தோணுது? யாராச்சும் சொல்லுங்கலா" என்றாள் பவானேஸ்வரி.

மங்களத்தால் இருக்க முடியவில்லை. முன் வரிசையிலிருந்து கையைத் தூக்கினாள்.

"கல்யாணப் பொண்ணும்மா" என்றாள். "மால போட்டு, பொட்டு வெச்சு, வெக்கப்பட்டு நிக்கிறாங்க. வரஞ்ச பிள்ளைக்கு அவங்க மேல ரொம்பப் பாசம்."

"அருமை ஆண்ட்டி! இதான் அகவயம். ஆண்ட்டி ஒங்க மனசுல உள்ள ஆசைய எடுத்து அந்தம்மா மேல போட்டுட்டீங்க" என்றாள் பவானேஸ்வரி. கூட்டம் சிரித்தது. மங்களமும் சிரித்தாள். "இப்ப கட்டமைப்பப் பாப்போம். கிட்ட வாங்க ஆண்ட்டி, பயப்படாதீங்க. இந்த மால அவங்க கழுத்துல படுதா?"

மங்களம் எழுந்து போய்ப் பார்த்தாள். படவில்லை. மாலை தோளின்மேல் கிடக்கவில்லை, சேலையை மடிக்கவில்லை. முகத்துக்கு முன்னால் இரண்டு பக்கமும் நேராகத் தொங்கியது.

"படல. நெழலப் பாருங்க, சேலையில விழல. செவுத்துல விழுது. அப்ப மால ஆளு கழுத்துல இல்ல, மேல ஆணியில மாட்டியிருக்கு. அடுத்தது பொட்டு. ஏன் புருவத்துல எறங்கியிருக்கு? பொட்டுக்குக் கீழ தூள் உதிர்ந்து மூக்கு, வாயின்னு நேரா கோடா வழிஞ்சிருக்கு பாருங்க. தோல்ல வெச்ச குங்குமம் இப்டி நேரா வழியாது. கண்ணாடியில வெச்சதுதான் வழியும். கடைசியா கன்னத்துல இந்தச் செவப்பு. வெக்கம் வந்தா ரெண்டு கன்னமுமில்ல செவக்கணும்? இது வட்டமா ஒரே எடத்துல இருக்கு. வெளிச்சம் கண்ணாடியில பட்டு அடிக்குது. கீழ ஒரு குட்டி செவப்பு பல்ப் எரியுது. நம்ம எல்லார் வீட்லயும் இருக்கு. சொல்லுங்க, எந்தப் படத்துக்குக் கீழ?"

பின் வரிசையிலிருந்து ஒரு பெண், "தவறிப்போனவங்க படம்" என்றாள்.

"கரெக்ட். புனிதா ஆள வரையல. ஆளோட படத்த வரஞ்சிருக்காங்க. ஒவ்வொரு அடையாளத்தையும் மறைக்காம வெச்சிருக்காங்க, ஆனா ஆசையோட பாக்குறவங்க கண்ணுக்கு அது தெரியாது. அந்தப் பொட்டு எவ்ளோ கீழ இருக்குன்னு பாத்தீங்களா? வெச்ச கை எட்டல. அது சின்னப் பிள்ளையோட கை."

காலையில் பூ வைக்கும்போது கண்ணாடியில் மங்களம் பார்த்தவள்தான், முப்பது வயது முகத்தோடு, மாலையும் பல்புமாக எதிரே நின்றாள். எப்படியோ நாற்காலிக்குத் திரும்பி உட்கார்ந்தாள்.

"புனிதா, நீங்க சொல்லுங்க. வரையும்போது ஒங்களுக்குள்ள என்ன இருந்துச்சு?"

புனிதா மைக்கை வாங்கினாள். குரல் நடுங்கவே இல்லை.

"இது எங்கம்மா மேடம். எனக்குப் பதினோரு வயசுல, அம்மா செத்துட்டான்னு எங்கப்பா சொன்னாரு. எல்லாரையும் தலைக்குக் குளிக்க வெச்சாரு. சாமி மேடைக்கு எதுக்க இந்தப் படத்த மாட்டுனாரு. வெள்ளிக்கெழம வெள்ளிக்கெழம நாற்காலி போட்டு ஏறி நான்தான் பொட்டு வெப்பேன். எட்டாது. பதினாலு வயசுல ஒரு நாளு மலாக்கா செண்ட்ரல்ல பஸ்ஸுக்கு நின்னேன். அம்மா மாதிரியே ஒருத்தங்க அங்க நின்னு புட்டு மாயம் சாப்ட்டுக்கிட்டு இருந்தாங்க. கூட ஒரு ஆளு. சிரிச்சிக்கிட்டு இருந்தாங்க. நான் 'அம்மா'ன்னு கத்துனேன். திரும்பி என்னப் பாத்தாங்க. நல்லாப் பாத்தாங்க. அப்புறம் மூஞ்சியத் திருப்பிக்கிட்டு பஸ்ல ஏறிட்டாங்க."

மைக்கை மறு கைக்கு மாற்றிக்கொண்டாள்.

"நான்தான் தப்பாப் பாத்திருப்பேன். செத்தவங்க பஸ் ஏற மாட்டாங்கள்ல."

கூட்டத்தில் நாலைந்து பேர் கைக்குட்டையைத் தேடினார்கள். ஏக்கத்தில் பிள்ளைக்குக் கண் மயங்கியிருக்கிறது என்று பக்கத்தில் இருந்தவள் முணுமுணுத்தாள். பவானேஸ்வரிக்குக் கண்ணோரம் ஈரம். மயக்கம் இல்லை என்பது அந்த மண்டபத்தில் இரண்டே பேருக்குத்தான் தெரியும். பஸ் புறப்பட்ட பிறகு அன்று மங்களம் திரும்பிக்கூடப் பார்க்கவில்லை. பெரியதம்பி பக்கத்தில் உட்கார்ந்திருந்தான். பிள்ளை சரியாகப் பார்த்திருக்காது என்று அன்றைக்கும் ஒரு சமாதானம் சொல்லிக்கொண்டாள். அதை வைத்தே இத்தனை வருடம் நிம்மதியாகச் சாப்பிட்டும் இருக்கிறாள்.

"ஆண்ட்டி, மொதல்ல கல்யாணப் பொண்ணுன்னு சொன்னீங்க" என்று பவானேஸ்வரி இறங்கி வந்து மைக்கை அவள் வாயருகே நீட்டினாள். "இப்ப எல்லாம் தெரிஞ்சுபோச்சு. இப்ப இந்தம்மாவப் பாத்தா என்ன தோணுது?"

மங்களம் நிமிர்ந்தாள். மகள் நேராக அவளையே பார்த்துக்கொண்டிருந்தாள். அந்தப் பார்வையில் கோபம் இல்லை. அவள் எதற்கோ காத்திருந்தாள். 'நான்தான் அது, செத்துப்போகல' என்று சொல்ல எவ்வளவு நேரமாகும்? மங்களத்தின் தொண்டைவரை வந்தது. அரக்குப் பட்டும் தலையில் பூவுமாக உட்கார்ந்திருக்கிற தன்னை, கண்ணைத் துடைத்துக்கொண்டிருக்கும் இத்தனை பேரும் திரும்பி என்ன பார்வை பார்ப்பார்கள் என்று நினைத்தாள். பெற்ற பிள்ளையைப் பார்த்தும் பஸ் ஏறியவள் இவள்தானா என்பார்கள். முன்பின் தெரியாதவர்கள், நாளைக்கு இவள் முகத்தைக்கூட மறந்துவிடப் போகிறவர்கள். அவர்களுக்குப் பயந்தாள்.

"பாவம்" என்றாள் மைக்கில். "சின்ன வயசுலயே போய்ட்டாங்க. அவங்க ஆத்மா சாந்தியடையட்டும்."

எல்லோரும் கை தட்டினார்கள். புனிதாவும் தட்டினாள்.

தேநீர் நேரத்தில் கூட்டம் கறிப்பாப் பலகாரத் தட்டைச் சுற்றிக்கொண்டது. மங்களம் மகளை ஓரமாக மறித்தாள்.

"புனிதா, ஏன்டி என்னய இப்டி..."

"படம் நல்லாருந்துச்சா?"

"உயிரோட இருக்கறவள மால போட்டு..."

"அப்பா மாட்டுன படம். அப்பா செத்தப்புறமும் நான் கழட்டல. இன்னிக்கு கழட்டலாம்னுதான் இருந்தேன்." புனிதா குரலைக் கூட்டாமல், வேலைக்கு வந்த புது ஆளுக்கு மெஷினை விளக்குவதுபோல் சொன்னாள். "நீங்க எழுந்து 'நான்தான் அவ அம்மா'ன்னு சொல்லியிருந்தா, எல்லார் முன்னாலயும் ஒங்க கையப் புடிச்சி வீட்டுக்குக் கூட்டிட்டுப் போயிருப்பேன். மைக்க வாய்க்கிட்ட கொண்டாந்து குடுத்தாங்க. அப்பயும் பஸ் ஏறிப் போயிட்டீங்க."

அது உண்மையா, குத்துவதற்காக அப்போதே ஜோடித்துச் சொன்னதா, யார் கண்டது? பெற்றவளுக்கு ஏற்ற மகள்தான், அவளுக்கும் கல் நெஞ்சு உண்டு. ஆனால் எது உண்மையாக இருந்தாலும் இனி மங்களத்துக்கு ஒன்றுதான். ராத்திரி படுத்தால் அந்த ஒரு வாக்கியம் பக்கத்தில் வந்து படுத்துக்கொள்ளும்.

"இப்ப சொல்றேன்டி" என்று மகள் கையைப் பிடித்தாள் மங்களம். "எல்லார்கிட்டயும் சொல்றேன். ஒரு தடவ அம்மான்னு கூப்புடு."

புனிதா கையை விடுவித்துக்கொண்டாள். "டீ குடிச்சிட்டுப் போங்க ஆண்ட்டி" என்றாள்.

பின் வரிசையில் இருந்த அந்தப் பெண் கோப்பையோடு அந்தப் பக்கம் வந்தாள். மங்களம் அவள் தோளைப் பிடித்து நிறுத்தினாள். குரல் மண்டபத்துக்கே கேட்கும்படி கிழிந்து வந்தது.

"நான்தாம்மா! நான்தான் இவளப் பெத்த அம்மா! சத்தியமா நான்தான்!"

அந்தப் பெண் கோப்பையைக் கீழே வைத்துவிட்டு மங்களத்தின் இரண்டு கைகளையும் எடுத்துத் தன் நெஞ்சில் வைத்துக்கொண்டாள். கண்ணில் நீர் தளும்பியது.

"எவ்ளோ நல்ல மனசு ஆண்ட்டி ஒங்களுக்கு" என்றாள். "ஆமா, இனிமே நீங்கதான் அவங்களுக்கு அம்மா மாதிரி இருக்கணும்."