பின் சீட்டில் ஒரு மனு

காரின் பின் சீட்டில் பல்கலைக்கழகத்தின் தேர்வு அதிகாரி பொரிந்து தள்ளிக்கொண்டு வந்தார். முன்னால் ஓட்டுநர் சாலையிலிருந்து கண்ணை எடுக்காமல் வண்டி ஓட்டினார்.

"ஒரு பொடிசு! வக்கீல்கூட வைக்காம தானே வாதாடப் போகுதாம். மறுமதிப்பீடு கொஞ்சம் லேட்டானா உடனே கோர்ட்டா?"

கொஞ்சமா? ஒரு மாதத்தில் சொல்லவேண்டிய மார்க்கை நான்கு மாதமாக அடைகாத்துக்கொண்டிருந்தது அவருடைய அலுவலகம். வெள்ளிக்கிழமைக்குள் அது வராவிட்டால் அந்தப் பெண்ணுக்குக் கிடைத்த மேற்படிப்பு இடம் கைநழுவிவிடும். ஓட்டுநருக்கு இதெல்லாம் மனப்பாடம். அந்தப் பொடிசு அவருடைய மகள்.

"சார் காதுல ஒரு வார்த்தை போட்டு வைக்கிறேம்மா," என்று வீட்டில் கெஞ்சிப் பார்த்திருந்தார்.

"வேணாம்ப்பா. எனக்குக் கேக்க நீங்க இருக்கீங்க. என்னோட காத்திருக்கிற மத்தவங்களுக்கு யாரு கேப்பா?" என்று அவர் வாயை அடைத்துவிட்டாள்.

இப்போது அதிகாரியின் கையிலிருந்த மனுவின் முதல் பக்கத்திலேயே, இன்னாரின் மகள் என்று ஓட்டுநரின் பெயர் இருந்தது. வேலைக்கு வேட்டு வந்துவிடுமோ என்று கண்ணாடி வழியே பின் சீட்டைப் பார்த்துக்கொண்டே வந்தார். அதிகாரியோ அந்தப் பக்கத்தைப் புரட்டிவிட்டுப் போய்க்கொண்டே இருந்தார். ஒன்பது வருடமாக அவருக்கு இவர் வெறும் 'டிரைவர்'தான்.

நீதிமன்றத்தில் ஓட்டுநர் கடைசி வரிசையில் ஒண்டிக்கொண்டு நின்றார். மகள் எழுந்தாள். குரலில் நடுக்கமே இல்லை.

"நான் புதுசா எதுவும் கேக்கலைங்க ஐயா. ஒரு மாசம்னு விதி எழுதினது இவங்க. அதன்படி இவங்க நடந்தா போதும். எனக்கு மட்டும் இல்ல, காத்திருக்கிற எல்லாருக்கும்."

நீதிபதி அதிகாரியைப் பார்த்தார். அதிகாரி தரையைப் பார்த்தார். வியாழக்கிழமைக்குள் எல்லோருடைய மார்க்கும் வந்தாகவேண்டும் என்று உத்தரவாகிவிட்டது. ஓட்டுநருக்குக் கைதட்ட வேண்டும்போல் இருந்தது. கையைக் கட்டிக்கொண்டார்.

திரும்பும் வழியில் அதிகாரி மனுவை மடியில் போட்டுக்கொண்டு உட்கார்ந்திருந்தார். பிறகு தானாகவே சொன்னார்: "குட்டு வாங்கினது நான்தான். இருந்தாலும் சொல்லணும் டிரைவர், என்ன தெளிவு! யாரு பெத்த புள்ளையோ."

ஓட்டுநர் வண்டியை ஓரங்கட்டினார். பயம் இருந்தது. பெருமை அதைவிடப் பெரிதாக இருந்தது.

"மொதல் பக்கத்துல போட்டிருக்கு சார். படிங்க."

அதிகாரி கண்ணாடியை மாட்டிக்கொண்டு, தேடிப் பிடித்து, அந்தப் பெயரை உரக்கப் படித்தார். தன் பெயரை அவர் வாயால் ஓட்டுநர் கேட்பது அதுதான் முதல் தடவை.

"யாருய்யா இது?"

"நான்தான் சார்."