மில் வாசலில் ஒரு கடற்கரை

பிரையர்ஷா ஊர் நெசவுக்காரிகளுக்குத் தெரியாமல் ரகசியம் பேச வேண்டுமென்றால் அவர்களுக்கு முதுகைக் காட்டிக்கொண்டுதான் பேச வேண்டும். வட இங்கிலாந்தில் எங்கள் லங்காஷயர் பக்கத்தில் இது சின்னப் பிள்ளைக்கும் தெரியும். தோர்ன்டேல் மில்லின் தறிக்கூடத்தில் முந்நூறு பெண்கள் வேலை செய்தார்கள். நூலைச் சுமந்து குறுக்கே போகும் நாடா அடித்துக்கொண்டு ஓடுகிற சத்தத்தில் இடியே விழுந்தாலும் காதில் ஏறாது. அதனால் அங்கே யாரும் தொண்டையைக் கிழித்துக்கொள்வதில்லை. வாயை அகலமாகத் திறந்து, உதட்டை நன்றாக வளைத்து, குரலே இல்லாமல் பேசுவார்கள். இந்தக் கோடியில் ஒருத்தி மாமியாரைத் திட்டினால் அந்தக் கோடியில் இருப்பவள் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரிப்பாள். தேவாலயத்தில்கூட இதே கூத்துதான். பாதிரியார் பாட்டுக்குப் பிரசங்கம் செய்துகொண்டிருப்பார், இவர்கள் பாட்டுக்கு நாலு வரிசை தள்ளி ஊர்வம்பு பேசிக்கொண்டிருப்பார்கள்.

லண்டனிலிருந்து வந்த கம்பெனி டைரக்டர் லாங்லிக்கு மட்டும் இது தெரியாது. பெரிய படிப்பெல்லாம் படித்தவர்தான், யாரும் சொல்லித் தரவில்லை, அவ்வளவுதான்.

1973ஆம் வருடக் கோடையில், மில்லை மூடிவிட்டு ஊரே கடற்கரைக்குப் போகும் விடுமுறை வாரத்துக்கு இரண்டு நாள் இருக்கும்போது அவர் வந்தார். தறிக்கூடத்தின் ஓரத்தில் கண்ணாடி அறை ஒன்று உண்டு. மேனேஜர் ஃபீல்டன் அவருக்கு நாற்காலியை இழுத்துப் போட்டார். ஃபீல்டன் உள்ளூர்க்காரர், அவருடைய அம்மாவும் இதே மில்லில் தறி ஓட்டியவள்தான். மகன் மேனேஜராகி டை கட்டிக்கொண்ட பிறகு, பெண்கள் அவருக்கு வைத்த பெயர் 'லண்டன்காரன் செல்லப்பிள்ளை'. அன்றைக்கு டைரக்டரின் முகம் கண்ணாடி வழியாகக் கூடத்தைப் பார்த்து இருந்தது. ஃபீல்டனின் முதுகு மட்டும்தான் கூடத்துக்குத் தெரிந்தது.

எட்னா ஹோல்டன் தன் தறிகளுக்கு நடுவில் நின்றபடி லாங்லியின் உதட்டைப் பார்த்தாள். ஐம்பது வயதுக்காரி, தொழிற்சங்கத்தின் மில் பிரதிநிதி, அவள் கண்ணுக்கு ஒன்றும் தப்பாது.

"எல்லாரும் கடற்கரைக்குப் போன உடனே சனிக்கிழமை லாரி வந்துடும்" என்றார் லாங்லி. "பழைய தறியையெல்லாம் பிரிச்சு வெளிநாட்டுக்கு வித்துக் கப்பல்ல ஏத்திடலாம். புதுத் தறி தெற்க, நெடுஞ்சாலைப் பக்கம் கட்டற ஷெட்டுக்குப் போகட்டும். இவங்க திரும்பி வர்றப்ப இங்க வெறும் தரைதான் இருக்கும். வெறும் தரைக்கு முன்னால நின்னு எவ ஸ்டிரைக் பண்ணுவா?"

எட்னாவின் தறி ஒன்றில் நூல் அறுந்து போயிருந்தது, அவள் கவனிக்கவில்லை. எதிர் வரிசையில் டோரீன் கண்ணை உருட்டிக்கொண்டு நின்றாள். பள்ளிக்கூட நாளிலிருந்தே இருவரும் சிநேகிதிகள், அதே நாளிலிருந்து சண்டைக்காரிகளும்கூட.

'பாத்தியாடி?' என்று டோரீனின் உதடு கேட்டது.

'பாத்தேன்.'

'அடப்பாவி!'

எட்னாவுக்கு வயிறெரிந்தது. வேலை போவதற்காக மட்டுமில்லை. அந்தப் புதுத் தறியை அவள் மான்செஸ்டர் கண்காட்சியில் பார்த்திருந்தாள். நாடாவே கிடையாது, காற்றை ஊதியே நூலை இந்தப் பக்கத்திலிருந்து அந்தப் பக்கம் அனுப்பிவிடும். பத்துப் பேர் செய்கிற வேலையை இரண்டு பேர் பார்த்துக்கொள்ளலாம். கூடப் போனவர்களெல்லாம் அதைச் சபித்தார்கள். எட்னா மட்டும் அதன் முன்னாலிருந்து நகரவில்லை. முதல் நாளே எண்ணெய்ப் பாத்திரத்தைக் கவிழ்த்துக்கொண்டு வேலையை ஆரம்பித்த பெண் அவள், பதினாலு வயதிலிருந்து தறியோடு வாழ்கிறாள். சாகிறதற்குள் இந்த ராட்சசனையும் ஒரு தடவை ஓட்டிப் பார்த்துவிட வேண்டும் என்று அன்றைக்கே மனசுக்குள் முடிவு செய்துவிட்டாள். ஆசை என்றால் அப்படி ஒரு ஆசை.

புதிய இயந்திரம் வராமல் இருக்காது என்பது அவளுக்குத் தெரியும். ஊரில் ஏற்கனவே ஒரு மில் சோபா விற்கும் கடையாகிவிட்டது, இன்னொன்றில் கோழித்தீவனம் அடுக்கி வைத்திருக்கிறார்கள். இயந்திரத்தோடு அவளுக்குச் சண்டையில்லை. அது எந்த ஊரில் இறங்கும், யார் கையில் ஓடும் என்பதில்தான் சண்டை.

அன்று சாயங்காலமே சங்கச் செயலாளரிடம் போனாள். அவர் மூக்குக் கண்ணாடியைத் துடைத்துக்கொண்டு சொன்னார்: "எட்னா, உதட்டைப் பாத்தேன்னு சொன்னா எவன் நம்புவான்? எழுத்துல ஏதாவது இருக்கா?"

"எழுதிக் குடுத்துட்டா திருடுவான்?" என்று கேட்டுவிட்டு எழுந்து வந்துவிட்டாள்.

மறுநாள் சாப்பாட்டு நேரத்தில் எல்லாரையும் உட்கார வைத்து விஷயத்தைச் சொன்னாள். லாரியை உள்ளே வர விடாமல் எல்லாரும் மில் வாசலில் உட்கார வேண்டும், அதாவது இந்த வருடம் பிளாக்பூல் கடற்கரை கிடையாது.

பிளாக்பூலுக்குப் போகாத விடுமுறை வாரம் என்று ஒன்று எங்கள் ஊர் சரித்திரத்திலேயே இல்லை. அந்த ஒரு வாரம் ஊரில் நாய்கூட இருக்காது. போன வருடம் தங்கிய அதே விடுதி, அதே அறை, பக்கத்து வீட்டுக்காரி அங்கேயும் பக்கத்து அறைக்காரி. போகவில்லை என்றால் அந்தக் குடும்பம் நொடித்துப்போய்விட்டது என்று அர்த்தம்.

"வருஷம் பூரா அந்த ஒரு வாரத்துக்காகத்தான்டி உசுரோட இருக்கேன்" என்றாள் டோரீன். "புதுத் தொப்பி வேற வாங்கியாச்சு. தறியைத்தான் புடுங்கறான்னா கடலையும் புடுங்கணுமா? அதுவும் நீ புடுங்கணுமா?"

"நான் யாரையும் கட்டி இழுக்கல. சனிக்கிழமை காலைல நான் வாசல்ல இருப்பேன். வர்றவங்க வாங்க."

வீட்டில் அவள் கணவன் வால்ட்டர் பெட்டியைக் கட்டி முடித்திருந்தார். அவள் சொல்வதையெல்லாம் கேட்டுவிட்டு, பெட்டியின் மேலேயே உட்கார்ந்துகொண்டார்.

"ஏம்மா, ஒரு வருஷமாவது நீ சும்மா இருக்க மாட்டியா?"

"நீ போய்ட்டு வா. நான் ஒண்ணும் சொல்ல மாட்டேன்."

"தனியாப் போய் நான் யார்கிட்ட திட்டு வாங்கறது?" என்றார் அவர், பெட்டியிலிருந்து இறங்காமலேயே.

சனிக்கிழமை விடிந்தது. எட்னா மடக்கு நாற்காலியைத் தூக்கிக்கொண்டு மில் வாசலுக்குப் போனாள். வால்ட்டர் தேநீர் ஃபிளாஸ்க்கோடு முணுமுணுத்துக்கொண்டே பின்னால் வந்தார். அவர்களைக் கடந்து ஊரே பெட்டியும் கையுமாக ஸ்டேஷனுக்குப் போனது. சிலர் குனிந்துகொண்டு போனார்கள். டோரீன் புதுத் தொப்பியோடு போனாள், திரும்பிக்கூடப் பார்க்கவில்லை. எட்னா அவளைத் திட்டவில்லை. திட்டக்கூடத் தோன்றாத அளவுக்கு மனம் விட்டுப்போயிருந்தது.

ஸ்பெஷல் ரயில் விசில் அடித்துக்கொண்டு கிளம்பிய சத்தம் கேட்டது. கொஞ்ச நேரத்தில் லாரிகள் வந்து நின்றன.

"அம்மா, கொஞ்சம் நாற்காலியைத் தள்ளிப் போட்டுக்குங்க" என்றான் முதல் லாரிக்காரன்.

"நான் லீவுல இருக்கேன்பா. லீவுல இருக்கறவளை எழுப்பக் கூடாது."

அவன் தலையைச் சொறிந்தான். ஒருத்தியைத் தூக்கி ஓரமாக வைக்க எவ்வளவு நேரம் ஆகும் என்று யோசிப்பது போலப் பார்த்தான். அப்போதுதான் ஸ்டேஷன் தெருவின் முனையில் அந்தப் புதுத் தொப்பி தெரிந்தது. அதன் பின்னால் பெட்டிகளும் வாளிகளும் பிள்ளைகளுமாகத் தெரு நிறைய ஆட்கள் வந்துகொண்டிருந்தார்கள்.

டோரீன் வந்து பெட்டியைத் தொப்பென்று போட்டாள். "ஏறி உக்காந்துட்டேன்டி. எதிர் சீட்டுல நம்ம தறிக்கூடத்து ஐவி இருந்தா. நான் அவளைப் பாத்தேன், அவ என்னைப் பாத்தா. ரெண்டு பேரும் வாயே திறக்கல. கழுதை, அவ முதல்ல எறங்கிட்டா! அப்புறம் நான் மட்டும் எப்படி உக்காந்திருக்கறது? எல்லாம் உன்னாலதான். நீ நல்லாவே இருக்க மாட்டே."

"சூரியகாந்தி வெச்ச தொப்பியா? நல்லாத்தான் இருக்கு" என்றாள் எட்னா. அவளுக்குக் கண் நிறைந்துவிட்டது. காலி ரயில் ஒன்று அன்றைக்குப் பிளாக்பூலுக்குப் போய்ச் சேர்ந்தது. அதை நினைத்தால் எங்கள் ஊர்க்காரர்களுக்கு இன்றைக்கும் நெஞ்சு நிமிரும்.

பிறகு நடந்ததை நேரில் பார்த்திருக்க வேண்டும். கொத்தனார் ஒருவர் வண்டி நிறைய மணலைக் கொண்டுவந்து வாசலில் கொட்டினார். பழைய சாமான் வாங்குகிறவர் தன் கழுதையை ஓட்டிக்கொண்டு வந்தார். பிளாக்பூல் மணலில் போவது போலவே பிள்ளைகள் அதன் மேல் சவாரி போனார்கள். வால்ட்டர் கால்சட்டையை முழங்கால் வரை சுருட்டிவிட்டு, சலவைத் தொட்டியில் காலை நனைத்துக்கொண்டு உட்கார்ந்தார். மீன் வறுவல் கடைக்காரர் அடுப்பையே தெருவுக்குக் கொண்டுவந்துவிட்டார். லாரிக்காரர்களும் ஆளுக்கு ஒரு பொட்டலம் வாங்கிக்கொண்டு நிழலில் படுத்தார்கள்.

புதன்கிழமை லாங்லி லண்டனிலிருந்து ஓடி வந்தார். வாசலுக்கு நேர் மேலே, முதல் மாடியில் ஃபீல்டனின் அறை. எட்னாவை மட்டும் தனியாக மேலே கூப்பிட்டார்கள்.

"புழுக்கமா இருக்கு சார்" என்று சொல்லி ஃபீல்டன் ஜன்னல் திரையை மேலே ஏற்றினார். லாங்லியின் நாற்காலியை ஜன்னலைப் பார்த்துப் போட்டார். எட்னாவுக்கு ஜன்னல் பக்கம் முதுகு.

"புதுத் தறிகளை இங்கயே வடக்குக் கூடத்துல எறக்கிடறேன்" என்றார் லாங்லி. "ஓட்டறதுக்கு அறுபது பேர் வேணும். எல்லாரும் உங்க ஊர் பொம்பளைங்களே இருக்கட்டும், பழக்கறதும் எங்க செலவு. மத்தவங்களுக்கு அடுத்த கோடை வரைக்கும் பழைய தறி ஓடும். அதுக்கு மேல என்னால முடியாது."

முந்நூறில் அறுபது. எட்னாவின் வாய் கசந்தது. ஆனால் மிஞ்ச இருந்தது வெறும் தரைதான், இப்போது அறுபது வீட்டில் அடுப்பெரியும். மற்றவர்கள் வேறு வேலை தேட ஒரு வருடம் கிடைக்கும். நல்லது என்று சொல்ல அவள் வாயெடுத்தாள்.

"ஒண்ணே ஒண்ணு" என்றார் லாங்லி. "அந்த அறுபதுல நீங்க இருக்கக் கூடாது. உங்களை மாதிரி ஆளை வெச்சுக்கிட்டு என்னால மில் நடத்த முடியாது. முட்டி வலி, ஓய்வெடுத்துக்கறேன்னு நீங்களே சொல்லிடுங்க. இது இந்த அறையை விட்டு வெளிய போக வேண்டாம்."

எட்னா தன் கைகளைப் பார்த்துக்கொண்டாள். கண்காட்சியில் பார்த்த தறி கண்முன் வந்து நின்றது. அதைத் தொட்டுப் பார்க்கக்கூட விடப் போவதில்லை.

"சரி" என்றாள். குரல் நடுங்கவில்லை, அதில் அவளுக்கு ஒரு பெருமை.

படியிறங்கி வந்து நாற்காலி ஒன்றின் மேல் ஏறி நின்று, அறுபது பேர், ஒரு வருடம், வடக்குக் கூடம் எல்லாவற்றையும் சொன்னாள். யாரும் கை தட்டவில்லை. "எனக்கும் வயசாயிடுச்சு" என்று சிரித்துக்கொண்டே முடித்தாள். "முட்டி வேற படுத்துது. நான் ஓய்வெடுத்துக்கலாம்னு…"

"முட்டியா?" என்றாள் டோரீன். "போன வாரம் கல்யாண வீட்டுல மேஜை மேல ஏறி ஆடினியே, அது யார் முட்டி?"

"டோரீன், சும்மா இரு."

"நீ சும்மா இருடி பொய்க்காரி. உன் முதுகுதான் எங்களுக்குத் தெரிஞ்சுது. அந்த ஆளு மூஞ்சி நல்லாவே தெரிஞ்சுது."

எட்னா திரும்பிக் கூட்டத்தைப் பார்த்தாள். முந்நூறு பெண்களும் அவளைப் பார்த்துக்கொண்டிருந்தார்கள். எல்லாருக்கும் தெரிந்திருந்தது. பிறகு ஒருத்தர் பின் ஒருத்தராக மணல் மேல் போட்ட நாற்காலிகளில் மறுபடி உட்கார்ந்தார்கள். அறுபதில் தன் பெயர் நிச்சயம் இருக்கும் என்று தெரிந்த இளசுகள்தான் முதலில் உட்கார்ந்தார்கள். ஐவி பின்னல் ஊசியை எடுத்துக்கொண்டாள்.

மேலே ஜன்னலில் லாங்லி வந்து நின்று கீழே பார்த்தார். அவருக்குப் பின்னால் ஃபீல்டன் நின்றார். ஃபீல்டனின் வாய் மெல்ல அகலமாகத் திறந்தது. உதடுகள் நன்றாக வளைந்தன. தறிக்கூடத்தில் வளர்ந்த பிள்ளை பேசுகிற சுத்தமான பேச்சு, குரல் மட்டும் இல்லை.

'எழுந்துடாதீங்க. இந்த ஆளு தாங்க மாட்டான்.'

கூட்டத்தில் யாரோ 'ஆத்தாடி!' என்று மூச்சை இழுத்தார்கள். முதல் நாள் நாற்காலியை அப்படித் திருப்பிப் போட்டது யார், இன்றைக்குத் திரையை ஏற்றியது யார் என்பதெல்லாம் எட்னாவுக்கு அப்போதுதான் உறைத்தது. செல்லப்பிள்ளை என்று அந்த மனுஷனை எத்தனை தடவை வைதிருப்பாள்!

இரண்டாவது சுற்றுத் தேநீர் ஊற்றுவதற்குள் லாங்லி கீழே இறங்கி வந்துவிட்டார், பின்னாலேயே ஃபீல்டனும் வந்தார். லாங்லியின் பளபளக்கும் காலணி மணலில் புதைந்தது.

"அவங்களும் உண்டு" என்றார், எட்னாவைப் பார்க்காமல். "அறுபதுல ஒருத்தர். போதுமா?"

எழுந்த சத்தத்தில் கழுதை மிரண்டு ஓடியது. டோரீன் சூரியகாந்தித் தொப்பியைக் கழற்றி எட்னாவின் தலையில் கவிழ்த்தாள். வால்ட்டர் தொட்டியிலிருந்து ஈரக்காலோடு எழுந்து நின்று கத்தினார். எட்னா அழுதாள், சிரித்தாள், மூக்கைச் சிந்தினாள். தான் பிரையர்ஷாக்காரி என்று அன்றைக்குப் போல அவள் என்றைக்கும் கர்வப்பட்டதில்லை.

லாங்லி ஃபீல்டனின் காதருகே குனிந்தார். "ரூம்ல நாம மூணு பேர்தானே இருந்தோம்? யார் சொன்னது இவங்களுக்கு?"

"சின்ன ஊர் சார். எப்படியோ தெரிஞ்சுக்குவாங்க."

அந்த ஆரவாரத்துக்கு நடுவில் எட்னா ஃபீல்டனைத் தேடிக் கண்டுபிடித்தாள். தொப்பியை மேலே தள்ளிவிட்டு, வாயை அகலமாகத் திறந்து, குரலில்லாமல் சொன்னாள்:

'உங்கம்மா இருந்திருந்தா இன்னிக்கு உன்னைக் கட்டிப் புடிச்சிருப்பாடா.'

ஃபீல்டனுக்குக் கண் கலங்கிவிட்டது. டையைச் சரி செய்வது போலக் குனிந்துகொண்டார்.

"அந்தம்மா உங்களைப் பாத்து என்னவோ சொல்றாங்களே?" என்றார் லாங்லி. "என்ன அது?"

"ஒண்ணுமில்ல சார்" என்றார் ஃபீல்டன். "கொட்டாவி விடறாங்க."