எவாட்னியின் வெள்ளைக் கோடு

ஞாயிறு மதியம் என் தம்பி ஜாபெஸ் மூன்றாவது முறையாக ஆட்டிறைச்சியைத் தட்டில் போட்டுக்கொண்டே அதைச் சொன்னான். 'எவாட்னி' போர்க்கப்பலின் கொதிகலன் அறையில் அவன்தான் தலைமை ஆள். நான்கு வருடம் கேப் டவுன் பக்கம் சுற்றிவிட்டு முந்தின வாரம்தான் கரை சேர்ந்திருந்தான். எவாட்னிக்கு அதுதான் கடைசிப் பயணம். பழைய ராணி காலத்துக் கப்பல், இனி உதவாது என்று டச்சுக்காரர்களிடம் உடைக்க விற்றுவிட்டார்கள்.

"கடைசியா ஒரு தடவை பெயின்ட் அடிச்சோம்க்கா. தண்ணி மட்டத்தைக் காட்டற வெள்ளைக் கோட்டை வழக்கம்போல ஒரு சாண் ஏத்தித்தான் போட்டோம்."

என் கணவர் ஆம்ப்ரோஸ் முள்கரண்டியைக் கீழே வைத்தார். "எதுக்கு ஏத்தணும்?"

"பின்ன? மத்த கப்பலெல்லாம் கோடு தெரிய நிக்கறப்ப நம்மவ மட்டும் அது முங்கி நின்னா பாக்கறவன் சிரிக்க மாட்டானா? மொத பயணத்துலேருந்தே அப்படித்தான் மச்சான். இறங்கிப் போற ஆளுங்க ஏறி வர்றவங்ககிட்ட சொல்லிட்டுப் போவாங்க. ஆபீசருங்க கண்டுக்க மாட்டாங்க. அவங்களுக்கும் மானம் இருக்குல்ல."

அவன் சிரித்தான். ஆம்ப்ரோஸ் இன்னும் கொஞ்சம் உருளைக்கிழங்கு கேட்டார். அவர் தட்டு நிறைய உருளைக்கிழங்கு இருந்தது.

ஏன் என்று எனக்கு மட்டும்தான் தெரியும். எவாட்னியை வடிவமைத்தபோது ஆம்ப்ரோஸ் துறைமுக வரைபட அறையில் எடை போடுகிற வேலையில் இருந்தார். ஒவ்வொரு தகட்டையும் ஒவ்வொரு ஆணியையும் நோட்டில் எழுதிக் கூட்டி, கப்பல் தண்ணீரில் எவ்வளவு அமிழும் என்று சொல்ல வேண்டும். கப்பலின் இடுப்பைச் சுற்றி பத்து அங்குலக் கனத்தில் ஓர் இரும்புப் பட்டை உண்டு. குண்டு வந்தால் உள்ளே இருப்பவர்களைக் காக்க அது தண்ணீருக்கு மேலே ஒன்றரை அடி தெரிய வேண்டும். கடலில் இறங்கியபோது பட்டை முழுவதும் மூழ்கிவிட்டது. அளவுக்கு இரட்டிப்பாகக் கரி ஏற்றியதுதான் காரணம் என்று பெரியவர்கள் பேசி முடித்தார்கள். பெல்ட்டை முழங்காலில் கட்டியவள் என்று பத்திரிகைகள் கேலி செய்தன.

ஆனால் சில மாதம் கழித்து பழைய நோட்டைப் புரட்டிய ஆம்ப்ரோஸ், ஒரு பக்கத்தைக் கூட்டாமல் விட்டிருந்ததைக் கண்டுபிடித்தார். மாலுமிகள், அவர்கள் பெட்டிகள், சாப்பாடு, குடிதண்ணீர், எல்லாம் அந்தப் பக்கத்தில்தான். கரியின் பங்கைக் கழித்துவிட்டாலும் ஒரு சாண் அமிழ்வதற்கு இவர்தான் பொறுப்பு. நான் துணி காயப்போட்டுக்கொண்டிருந்தபோது வந்து சொன்னார். வேறு யாரிடமும் வாய் திறக்கவில்லை. படகுப் பிரிவுக்கு மாற்றல் கேட்டு வாங்கிக்கொண்டார். படகில் தப்பு செய்தால் ஆறு பேர்தான் நனைவார்கள் என்றார்.

எவாட்னி முதல் தடவை ஊர் திரும்பியபோது தொலைநோக்கியோடு கரையில் போய் நின்றார். கரி தீர்ந்து வருகிற கப்பல், கணக்கு தப்பென்றால் கோடு தண்ணீருக்குள் இருக்க வேண்டும். அது மேலே பளிச்சென்று தெரிந்தது. ஓடி வந்து என்னைத் தூக்கிச் சுற்றினார். எனக்கு அப்போது ஏழு மாதம். "அந்தப் பக்கத்தை வேற எங்கயோ சேர்த்திருக்கேன் டோர்கஸ். என் கணக்கு சரி." கப்பல் வரும்போதெல்லாம் போய்ப் பார்ப்பார், நிம்மதியாகத் தூங்குவார். பதினெட்டு வருடத் தூக்கம் அது. அதை என் தம்பியும் அவனுக்கு முந்தின மாலுமிகளும் தூரிகையால் தீட்டிக் கொடுத்திருக்கிறார்கள்.

மூன்று நாள் அவர் சரியாகச் சாப்பிடவில்லை. எனக்கு அவர்மேல் கோபம் வந்தது, பாவமாகவும் இருந்தது.

"ஜாபெஸ்கிட்ட சொல்லிடுங்க," என்றேன். "அடிச்சா அடிக்கட்டும்."

"அவன் உயிரு அந்தப் பட்டைக்குப் பின்னால இருந்துச்சு, டோர்கஸ்."

"அதனாலதான் சொல்றேன்."

புதன்கிழமை காலை மூவரும் ஆற்றங்கரைக்குப் போனோம். பீரங்கிகளையும் கரியையும் முன்பே இறக்கிவிட்டிருந்தார்கள். இரண்டு இழுவைப் படகுகள் எவாட்னியைத் தூரத்தில் கட்டிக்கொண்டிருந்தன. ஆம்ப்ரோஸ் தொப்பியைக் கழற்றிக் கையில் வைத்துக்கொண்டு எல்லாவற்றையும் சொன்னார். நோட்டுப் பக்கத்தின் எண்ணைக்கூட விடவில்லை.

ஜாபெஸ் அவர் பக்கம் திரும்பினான். "எங்களையா மறந்தீங்க?" என்றான்.

"ஆமா."

"நானூத்தி எண்பது பேரையும்?"

"பெட்டியோட."

"ரம் பீப்பா?"

"அதுவும் அந்தப் பக்கந்தான்."

அவன் சிரிப்பான் என்று நினைத்தேன். சிரிக்கவில்லை. "ரெண்டு தடவை சண்டை வரும்னு எங்களைக் கீழ அடைச்சு வச்சாங்க. அந்த இரும்பைத் தொட்டுக்கிட்டு நின்னேன் மச்சான்," என்றான். பிறகு எங்களை விட்டுப் பத்தடி தள்ளிப்போய் முதுகைக் காட்டிக்கொண்டு நின்றான். ஆம்ப்ரோஸ் அவன் பின்னால் போகவில்லை. நானும் போகவில்லை. யார் பக்கம் நிற்பதென்று எனக்குத் தெரியவில்லை.

அப்போது எவாட்னி வந்தாள். உள்ளே ஒன்றும் இல்லாததால் மிதந்து உயர்ந்திருந்தாள். ஒருநாளும் முழுதாகத் தெரியாத அந்த இரும்புப் பட்டை பாசி ஒட்டி வெளியே நின்றது. வெள்ளைக் கோடு அதற்கும் மேலே, எட்டாத உயரத்தில் இருந்தது.

ஜாபெஸ் திரும்பி வந்து ஆம்ப்ரோஸின் கையிலிருந்து தொலைநோக்கியை வாங்கிப் பார்த்தான். "ஒரு ஆள்கூட இல்ல. நீங்க போட்ட கணக்குப்படியே போறா," என்றான். குரல் கடுமையாகத்தான் இருந்தது. கொஞ்ச நேரம் கழித்துத் தொலைநோக்கியை அவரிடமே நீட்டினான்.

"கோடு நேரா இருக்கா பாருங்க. கயித்துல தொங்கிக்கிட்டே அடிச்சது."

ஆம்ப்ரோஸ் பார்த்தார். தொலைநோக்கியை நான் அடியில் பிடித்துக்கொண்டேன்.

"நேரா இருக்குப்பா," என்றார். "அளவுகோல் வச்சாக்கூட எனக்கு இப்படி வராது."

வளைவில் காற்று அவளைப் பக்கவாட்டில் தள்ளியது. சிறிய படகுகள் இரண்டும் கரும்புகை கக்கி இழுத்தன. முன்முனையிலிருந்து பின்முனைவரை, பதினெட்டு வருட வெள்ளை, பாசிக்கு மேலே உயரத்தில் போய்க்கொண்டிருந்தது.