அதெல்மோவின் ஒரே சொல்

அதெல்மோவுக்கு மிச்சமிருந்தது ஒரே ஒரு சொல். "ஆமா." பக்கவாதம் அவருடைய வலது கையையும் மற்றச் சொற்கள் அத்தனையையும் எடுத்துக்கொண்டு இதை மட்டும் விட்டுவைத்திருந்தது. இந்த ஒரு சொல்லை வைத்துக்கொண்டு அவர் உயில் சொல்ல வேண்டும், நான் எழுத வேண்டும். கட்டிலருகே மடியில் வெள்ளைத்தாளோடு உட்கார்ந்திருந்தேன். எப்படி என்று தெரியவில்லை.

"இதுக்கு எதுக்கு இவ்வளவு யோசனை, நோட்டரியம்மா?" என்றாள் நார்மா. "வீடு நார்மாவுக்கான்னு கேளுங்க. ஆமான்னுவார். எழுதிட்டுக் கிளம்புங்க."

கேட்டேன். "ஆமா" என்றார். அண்ணன் மகன் ஃபுல்வியோவுக்கா என்றும் கேட்டுப் பார்த்தேன். வாயை இறுக்க மூடிக்கொண்டு ஜன்னல் பக்கம் முகத்தைத் திருப்பினார். ஆக, மனிதர் முழுசாக உள்ளே இருக்கிறார். புரியாமல் சொல்கிற ஆமா இல்லை அது. ஆனாலும் என் பேனா நகரவில்லை.

பிரத்தெல்லோ தெருவில், வளைவுத் தூண்களுக்கு மேலே உள்ள அந்த மூன்று அறை வீடு அதெல்மோ பெயரில் இருந்தது. தரைக்கு ஓடு பதிக்கும் வேலை செய்து வாங்கியது. நார்மா முப்பது வருஷத்துக்கும் மேலாக அவருடன் அங்கே வாழ்கிறாள். கல்யாணம் செய்துகொள்ளவில்லை. அதனால் சட்டத்தின் கண்ணில் அவள் வெறும் விருந்தாளி. உயில் இல்லாமல் அதெல்மோ போய்விட்டால் எல்லாம் ஃபுல்வியோவுக்கு. கெட்டவன் இல்லை அவன். கிறிஸ்துமஸ் வந்தால் துரின் நகரத்திலிருந்து தவறாமல் இனிப்பு ரொட்டி அனுப்புவான். ஆனால் விற்றுவிடுவான். எழுபதைத் தாண்டிய நார்மா எங்கே போவாள்?

ஏன் எழுதவில்லை என்று நார்மாவுக்கு விளக்கினேன். விளக்குவதில் எனக்குக் கொஞ்சம் ஆசை அதிகம். உயிலில் உள்ள வாக்கியம் அதற்கு உரியவரிடமிருந்து, சாட்சிகள் முன்னால் வர வேண்டும். நோட்டரியே வாக்கியத்தைக் கட்டி, கேள்வியாக நீட்டி, ஆமா வாங்கிக்கொண்டால் அது நோட்டரியின் உயில். ஃபுல்வியோவின் வக்கீல் ஒரே காலையில் அதைச் செல்லாமல் ஆக்கிவிடுவார்.

எங்கள் போலோன்யா நகரத்தில் இந்தப் பிடிவாதத்துக்கு எண்ணூறு வயசாகிறது. பெரிய சதுக்கத்தில் எங்கள் நோட்டரிகள் சங்கத்தின் பழைய மாளிகை இன்றும் நிற்கிறது. அதன் சின்னம் மூன்று மைக்கூடுகள். அன்றைக்குச் சங்கத்தில் சேர வந்தவனுக்கு ஒரு பரீட்சை உண்டு. லத்தீனில் எழுதியதை, படிப்பறிவில்லாதவனுக்கும் புரிகிற ஊர்ப்பேச்சில் வாசித்துக் காட்ட வேண்டும். காரணம் எளிது. சாகக் கிடப்பவனைச் சுற்றி நிற்பவர்களில் எழுதத் தெரிந்தவன் ஒருவன்தான். அவன் நினைத்தால் ஒரு வயலை ஒரு வரியில் இடம் மாற்றிவிடலாம். அந்த ஒருவனைக் கண்காணிக்கத்தான் சங்கமே. இப்போதும் எங்கள் பத்திரங்களைக் குறித்த காலத்தில் கொண்டுபோய்ச் சோதனைக்குக் கொடுக்கிறோம்; எங்களில் ஒருவர் மோசடி செய்தால் நஷ்டத்தை மற்றவர்கள் சேர்ந்து ஈடு கட்டுகிறோம். ஒருவரையும் தனியாக நம்பாமல், எல்லாரும் நம்பக்கூடிய ஒன்றை உண்டாக்கியிருக்கிறார்கள். எனக்கு அது எப்போதுமே அழகாகத் தெரியும்.

நார்மாவுக்கு அப்படித் தெரியவில்லை. "எண்ணூறு வருஷமா திருடனப் புடிக்கக் காத்திருந்தீங்க," என்றாள். "கடைசில மாட்டினது நானா?"

முடிந்ததையெல்லாம் செய்து பார்த்தோம். இடது கையில் பேனாவைக் கொடுத்தோம். கோடுகள் வந்தன, எழுத்து வரவில்லை. எழுத்துகளைத் தொட்டுக் காட்டும் பலகையில் விரல் இலக்கில்லாமல் அலைந்தது. பேச்சுப் பயிற்சி கொடுக்க வந்த பெண், பெரிதாக எதிர்பார்க்காதீர்கள் என்று என்னிடம் தனியாகச் சொன்னாள். இதயமும் பலவீனமாகிக்கொண்டிருந்தது.

சங்கத்தின் வாரிசான நோட்டரிகள் மன்றத்துக்குப் போனேன். அங்கே உறுப்பினரான குவால்தியேரோ என்னோடு பரீட்சை எழுதியவன். எல்லாவற்றையும் கேட்டுவிட்டுத் தலையை ஆட்டினான்.

"லொரெதானா, அவர்கிட்ட இருக்கறது பதில் மட்டுந்தான். கேள்வி பூரா உன்னோடது. அத நீ உயில்னு எழுதினா, அடுத்த சோதனையில நானே செல்லாதுன்னு அடிச்சுடுவேன்."

"கேள்வி கேட்டு, பதில எழுதிக்கற வேலை நம்மகிட்ட ஒண்ணுகூட இல்லையாடா?"

"இருந்துச்சே. புடுங்கிக்கிட்டாங்க," என்று தாழ்வாரச் சுவரைக் காட்டினான். அங்கே ஒரு பழைய ஓவியத்தின் நகல். நீண்ட அங்கி போட்ட ஒருவர் நடுவில் நிற்கிறார். ஒரு பக்கம் பையன், மறுபக்கம் பெண். அந்தக் காலத்தில் பல ஊர்களில் பெண் வீட்டுக்குப் போய், இவளுக்குச் சம்மதமா, இவனுக்குச் சம்மதமா என்று கேட்டு, மோதிரம் போட வைத்து எழுதியவர் நோட்டரி. பிறகு அதைத் தேவாலயம் எடுத்துக்கொண்டது, அப்புறம் நகராட்சி. "விருந்துச் சாப்பாடும் போச்சு," என்று குவால்தியேரோ உண்மையாகவே வருத்தப்பட்டான்.

நான் அந்தப் படத்தின் முன்னால் நின்றுவிட்டேன்.

நார்மா பலகையில் மாவு திரட்டிக்கொண்டிருக்கும்போது போய், கல்யாணம் செய்துகொள்ளலாமே என்று சொன்னேன். உருளைக்கட்டை நின்றது.

"எத்தனை தடவை என்னைக் கேட்டிருக்கார் தெரியுமா?" என்றாள். வேலை முடிந்து முழங்காலெல்லாம் சிமெண்டோடு வந்து கேட்பாராம். கடற்கரையில் ஒருதரம், அவளுடைய அம்மாவை அடக்கம் செய்துவிட்டுத் திரும்புகையில் ஒருதரம். ஒவ்வொரு தடவையும் மாட்டேன் என்று சொல்லியிருக்கிறாள். அவளுடைய அம்மா கல்யாணமான மறுநாள் காலையிலிருந்து சாகும்வரை சம்பளமில்லாத வேலைக்காரியாக இருந்தாள். "நான் இங்க இருக்கறது என் இஷ்டம்னு தினமும் காலைல எனக்குத் தெரியணும். அதான். அவரும் புரிஞ்சுக்கிட்டார். இப்போ வீட்டுக்காக நான் போய்க் கேக்கணுமா? என்ன நினைப்பார்?"

அவள் கையைத் துடைத்துக்கொள்ளாமலே அறைக்குள் போனாள். கதவு திறந்துதான் இருந்தது.

"கிழவா," என்றாள். கட்டில் விளிம்பில் உட்காரும் சத்தம் கேட்டது. "நீ கேட்டியே, அது இன்னும் இருக்கா?"

உள்ளேயிருந்து வந்த அந்த ஆமாவை நான் எழுதிக்கொள்ளவில்லை. அது எனக்குச் சொன்னது இல்லை.

படுக்கையை விட்டு எழ முடியாதவர் வீட்டுக்குக் கல்யாணப் பதிவாளரே வரலாம். இரண்டுக்குப் பதிலாக நான்கு சாட்சிகள் வேண்டும், அவ்வளவுதான். பதவிக்குரிய மூவண்ணப் பட்டையை மார்பில் குறுக்கே போட்டுக்கொண்டு இலாரியா என்ற இளம் பதிவாளர் வந்தாள். சங்கடத்தோடு என்னை ஓரமாக அழைத்தாள்.

"மேடம், இவர் எதைக் கேட்டாலும் ஆமான்னு சொல்றவரா இருந்தா?"

"சோதிச்சுப் பாரும்மா."

அவள் கட்டிலருகே போய்க் குனிந்தாள். "ஐயா, இதோ நிக்கற நோட்டரியம்மாவைக் கட்டிக்கச் சம்மதமா?"

அதெல்மோ என்னைப் பார்த்தார். வாயை இறுக்க மூடிக்கொண்டு ஜன்னல் பக்கம் திரும்பினார். சாட்சியாக வந்திருந்த மீன்கடைக்காரர் சிரித்தே விட்டார். "கொஞ்சம் யோசிச்சாவது சொல்லியிருக்கலாம்," என்றேன்.

இலாரியா நிமிர்ந்து, பட்டையைச் சரிசெய்துகொண்டு, நார்மாவின் பெயரைச் சொல்லி உரிய கேள்வியைத் தொடங்கினாள். அது முடிவதற்கு முன்பே பதில் வந்துவிட்டது. முழுக்கக் கேட்டுவிட்டுச் சொல்ல வேண்டும் என்று அவள் மறுபடி ஆரம்பித்தாள். "ஆமா" என்றார் அதெல்மோ, இந்தத் தடவை பொறுத்திருந்து. நார்மாவும் சொன்னாள், மெதுவாக, ஜன்னலைப் பார்த்து அல்ல.

என் முத்திரை பைக்குள்ளேயே இருந்தது. நான்காவது சாட்சியாக வெறும் கையெழுத்துப் போட்டேன். உயில் கடைசி வரை எழுதப்படவே இல்லை. வீட்டில் ஒரு பங்கு ஃபுல்வியோவுக்குப் போகும். பெரிய பங்கு மனைவிக்கு. அவள் சாகும்வரை அந்த மூன்று அறைகளை விட்டு அவளை யாரும் எழுப்ப முடியாது. உயிலுக்கு அதெல்மோ ஒரு வாக்கியம் சொல்லியாக வேண்டும். கல்யாணத்துக்குக் கேள்வியைப் பதிவாளர் கொண்டுவருவார். ஆமா ஒன்று போதும்.