சுண்டுவிரல் சந்தனம்

புல்லின் நுனியில் பனி. பனியின் மேல் உதிர்ந்த பவளமல்லி. காளி பூசை முடிந்த வங்காளத்துச் சந்தன்நகரில் இன்னும் வெயில் வரவில்லை.

பியாலி கிண்ணத்தில் பனியைச் சேர்க்கிறாள். சொட்டுச் சொட்டாக. சந்தனம் குழைக்க இந்தப் பனிதான் வேண்டும். இன்று தங்கைகள் அண்ணன்மார் நெற்றியில் பொட்டு வைக்கும் நாள்.

பியாலிக்கு அண்ணன் இல்லை.

போன வாரம் பள்ளி விடும் நேரத்தில் மழை. ஒரே குடை. பத்தாம் வகுப்பு பியாலி, பன்னிரண்டாம் வகுப்பு அர்க்கோ. அவள் நனையவில்லை. அவன் ஒரு பக்கத் தோள் முழுக்க நனைந்தது. அந்த நனைந்த தோளையே நினைத்துக்கொண்டு வீடு வந்தாள்.

அம்மா தொலைக்காட்சித் தொடரிலிருந்து கண்ணை எடுக்கவில்லை.

"மாடி வீட்டுப் பையனோட ஒரே குடையில வந்தியாமே. யாருடி அவன் உனக்கு?"

"அண்ணன் மாதிரி, மா."

"மாதிரி என்ன மாதிரி? தாயில்லாப் பிள்ளை, கூடப்பிறந்தவளும் இல்ல. இந்த வருஷம் நீயே பொட்டு வெச்சிடு. அண்ணனே ஆயிடுவான்."

தொடரில் நாயகி அழுதாள். அம்மா மூக்கை உறிஞ்சினாள். பியாலி அழவில்லை. அழுதால் அதுவே பதிலாகிவிடும்.

இதோ, பாயில் அர்க்கோ. புதுச் சட்டை. நடுவில் விளக்கு, அருகம்புல், ஒரு தட்டு இனிப்பு. அம்மா சங்கு எடுக்க உள்ளே போனாள்.

"வேணாம்னு சொல்லேன், பியாலி."

"நீ சொல்லேன்."



தொடர் என்றால் இந்த இடத்தில் கதவு திறக்கும். மேளம் அதிரும். ஒவ்வொரு முகத்தையும் திரும்பத் திரும்பக் காட்டுவார்கள். யாரோ ஒருவர் வந்து "நிறுத்துங்க" என்பார்.

கதவு திறந்தது. அம்மா. கையில் சங்கு.

சங்கு முழங்க, பியாலி இடது கைச் சுண்டுவிரலால் அவன் நெற்றியைத் தொட்டாள். சில்லென்ற சந்தனம். அடியில் சுடும் நெற்றி. அவனை அவள் முதன்முதலாகத் தொட்டது அப்போதுதான்.

"காலைத் தொடு. பெரியவன் இல்லையா?"

தொட்டாள். ஆசி சொல்ல அவன் கை அவள் தலைமேல் வந்தது. ஆசி வரவில்லை.

நெற்றியிலிருந்து ஒரு சொட்டு வழிந்து அவன் கண்ணோரம் நின்றது.

"என்னப்பா, அழறியா?" அம்மா சிரித்தாள்.

"இல்ல, காக்கிமா. பனி."

வெளியே, புல்லின் நுனியில் வெயில்.