வந்தவர்களில் ஒருத்தி

வியாழக்கிழமை சாயங்காலம் மித் வாயில் கஞ்சியை அடக்கிவைத்துக்கொண்டு விழுங்க மாட்டேனென்று அடம்பிடித்துக்கொண்டிருந்தாள். அந்த நேரம் பார்த்துத்தான் மித்தின் அம்மா துயெத் வந்து, ஊட்டிக்கொண்டிருந்த வேலைக்காரப் பெண் லுயெனின் முகத்துக்கு நேரே கைப்பேசியை நீட்டினாள்.

"ஞாயித்துக்கிழமை இங்க போறோம். காலையில கிளம்பினா மத்தியானச் சாப்பாட்டுக்கு அங்க. இருட்டறதுக்குள்ள ஹனோய் திரும்பிடலாம். எப்படி இருக்கு, சொல்லு."

படத்தில் மரத்தூண்களின் மேல் ஒரு வீடு, வெளியூர்க்காரர்களுக்குச் சமைத்துப் போடும் வீடு. பின்னால் மலை, முன்னால் மீன்குட்டை. ஏறிப்போகும் படிகளில் ஒன்று மட்டும் வேறு மரம், வெளிறித் தெரிந்தது. அந்தப் படியை அடித்துப் பொருத்தியவன் லுயெனின் அண்ணன். பக்கத்தில் உட்கார்ந்து ஆணி எடுத்துக் கொடுத்தது அவள்தான்.

"அழகா இருக்குங்கக்கா," என்றாள் லுயென். கஞ்சிக் கரண்டியை மறுபடி மித்தின் வாயருகே கொண்டுபோனாள்.

"உங்க மலைப்பக்கம்தானே. உன் ஊரு இங்கேர்ந்து தூரமா?"

"இன்னும் ரெண்டு மலை தாண்டிப் போவணுங்கக்கா. அது வேற ஜில்லா."

இந்தப் பொய்க்கு வயது பதினாலு மாதம். ஹனோயில் வீட்டுவேலைக்கு ஆள் சேர்த்துவிடும் அம்மாள் முதல் நாளே கறாராகச் சொல்லியிருந்தாள்: "புள்ளைக்காரியை எவளும் வீட்டுக்குள்ள வச்சுக்க மாட்டா. காய்ச்சல், பல்வலின்னு மாசத்துக்கு நாலு தரம் ஊருக்கு ஓடுவீங்க. கல்யாணம் ஆகலைன்னு சொல்லு. அதுல பொய்யும் இல்லையே." இல்லைதான். அவள் மகள் லிம்முக்கு அப்பாவாக இருந்திருக்க வேண்டியவன் ரோடு போடும் ஆட்களோடு பள்ளத்தாக்குக்கு வந்தான். ரோடு முடிந்ததும் அதே ரோட்டில் போய்விட்டான். கல்யாணம் நடக்கவில்லை. பிள்ளை மட்டும் இருந்தது. அதை அண்ணனிடமும் அண்ணியிடமும் விட்டுவிட்டுத்தான் லுயென் நகரத்துக்கு வந்தாள். எதற்கும் இருக்கட்டும் என்று ஊரையும் இரண்டு மலைக்கு அப்பால் தள்ளிவைத்தாள். புத்தாண்டுக்குக்கூட அவள் ஊருக்குப் போகவில்லை. துயெத் வீட்டில் அப்போது விருந்தாளிகள் நிறைய. நீ இல்லாமல் முடியாது என்றார்கள்.

மறுநாள் காலை காய்கறிச் சந்தையில், கீரைக்காரியின் கடைக்குப் பின்னால் ஒதுங்கி, ஒரு காதை உள்ளங்கையால் பொத்திக்கொண்டு அண்ணிக்குப் பேசினாள்.

"அண்ணி, ஞாயித்துக்கிழமை ஹனோயிலேர்ந்து யாராவது சாப்பாட்டுக்குச் சொல்லியிருக்காங்களா?"

"ஆமா. காங்குன்னு ஒருத்தரு. புருசன் பொஞ்சாதி, ஒரு சின்னப்புள்ள, ஒரு வேலைக்காரப் பொண்ணு."

"அந்த வேலைக்காரப் பொண்ணு நான்தான்."

அந்தப் பக்கத்தில் அண்ணி கோழிகளை விரட்டிவிட்டு, "என்னடி சொல்ற?" என்றாள்.

"என்னைத் தெரிஞ்சதா காட்டிக்காதீங்க அண்ணி. லிம்மை அன்னிக்கு மட்டும் எங்கயாச்சும் அனுப்பிடுங்க."

"எங்கடி அனுப்புவேன்? அறுப்பு நேரம். ஊரே வயல்ல கெடக்கு." அண்ணி பியென் யோசித்தாள். "அவகிட்ட நான் சொல்லி வைக்கிறேன். சொன்னா கேட்டுக்குவா."

ஞாயிற்றுக்கிழமை காலை காங்தான் கார் ஓட்டினான். நகரத்தைத் தாண்டும்வரை ஹாரனிலிருந்து அவன் கை எழவில்லை. இரண்டு பக்கமும் மோட்டார் சைக்கிள்கள், முகத்தை மூடிய பெண்கள், செங்கல் லாரிகள், இன்னும் கட்டி முடிக்காத மாடிகள். துயெத் முன் இருக்கையில் செருப்பைக் கழற்றிவிட்டுக் காலை மடக்கி உட்கார்ந்து, "வாரத்துல ஒரு நாளாவது நல்ல காத்து நெஞ்சுக்குள்ள போவணும்," என்று சொல்லிக்கொண்டே வந்தாள். பின்னால் லுயெனின் மடியில் மித் தூங்கினாள். மலை ஏறத் தொடங்கியதும் எழுந்து வாந்தி எடுத்தாள். லுயென் அதற்காகவே மடித்து வைத்திருந்த பையில் பிடித்தாள், துடைத்தாள், சட்டையை மாற்றினாள். இஞ்சி மிட்டாயை வாயில் வைத்தாள். இந்த வேலைகளெல்லாம் நடந்துகொண்டிருக்க, அவள் மனசு வேறொரு கணக்குப் போட்டது. பன்னிரண்டு மணிக்குப் போனால் மூன்று மணிக்குக் கிளம்புவார்கள். மூன்று மணி நேரம். பேச வேண்டாம், தொட வேண்டாம், பார்த்துக்கொண்டிருக்கலாம். பிடிபட்டுவிடுவோமோ என்ற பயத்துக்கு நடுவில் வெட்கம்கெட்ட ஒரு சந்தோஷம் எட்டி எட்டிப் பார்த்தது. கணவாயைத் தாண்டியதும் கீழே பள்ளத்தாக்கு திறந்துகொண்டது. பாதி வயல் மஞ்சள், பாதி வயல் அறுத்த அடிக்கட்டை. வைக்கோல் எரித்த புகை மலையின் இடுப்பில் அசையாமல் கிடந்தது.

"அடேயப்பா!" என்றாள் துயெத். "இந்த இடத்தையெல்லாம் விட்டுட்டு எப்படித்தான் அந்த நரகத்துக்கு வந்து கெடக்கறீங்களோ!"

"பழகிடுச்சுங்கக்கா."

படிக்குக் கீழே பியென் நின்றிருந்தாள். கறுப்புப் பாவாடையும் வெள்ளைச் சட்டையும் விருந்தாளிகளுக்காக உடுத்தியது. "வாங்க அண்ணே, வாங்கக்கா, பாப்பா வாடா கண்ணு," என்றவள், லுயெனைப் பார்த்து, "வா தங்கச்சி," என்றாள். குரலில் ஒரு சுருக்கமும் இல்லை. அண்ணனைக் காணோம். அவனுக்கு நடிக்க வராது. அரிவாளை எடுத்துக்கொண்டு விடியற்காலையிலேயே வயலுக்குப் போயிருப்பான்.

அவர்கள் மேலே போய்ப் பாயில் உட்கார்ந்த பிறகு லிம் வந்தாள். கையில் ஒரு மூங்கில் தட்டு, தட்டு நிறைய வண்ண நூலில் பின்னிய காப்புகள். வளர்ந்திருந்தாள். முன்பல் இரண்டு இல்லை. கைப்பேசித் திரையில் தெரியாத ஒன்று நேரில் தெரிந்தது: நடக்கும்போது இடது பாதத்தைக் கொஞ்சம் உள்பக்கமாக வைத்தாள், லுயென் வைப்பது மாதிரியே. துயெத்திடம் போனாள், காங்கிடம் போனாள். கடைசியாக லுயெனுக்கு முன்னால் வந்து நின்றாள்.

"அத்தை, காப்பு பாக்கறீங்களா?"

வருகிற பெண்களையெல்லாம் பிள்ளைகள் அப்படித்தான் கூப்பிடுவார்கள். லுயென் அந்த முகத்தில் துழாவிப் பார்த்தாள். ஓரக்கண்ணில் ஒரு சிரிப்பாவது, உதட்டோரத்தில் ஒரு துடிப்பாவது இருக்காதா என்று தேடினாள். ஒன்றும் இல்லை. பிள்ளை அவ்வளவு கச்சிதமாகச் செய்தாள்.

"ஏய் லுயென், இந்தப் பொண்ணு உன் ஜாடையா இருக்காளே!" என்றான் காங்.

"மலைக்காரங்க எல்லாருமே உங்க கண்ணுக்கு ஒரே ஜாடைதாண்ணே," என்றாள் லுயென். காங் வாய்விட்டுச் சிரித்தான். துயெத் அவன் தோளில் ஒரு தட்டுத் தட்டி, "வாங்கிக் கட்டிக்கிட்டீங்களா?" என்றாள். லுயெனும் சிரித்தாள்.

சாப்பாடு வந்தது. வாழையிலையில் ஐந்து நிறத்தில் ஒட்டரிசிச் சோறு, சுட்ட மீன், இலையில் பொதிந்த பன்றிக்கறி, மூங்கில் குருத்துச் சாறு. துயெத் லுயெனைப் பார்த்து, "உனக்கும் இவங்க பாஷைதானே? பேசேன். கேக்க ஆசையா இருக்கு," என்றாள்.

பியென் மீனைத் தட்டில் வைத்தபடியே, முகம் நிறையச் சிரிப்போடு, அவர்கள் மொழியில் ஆரம்பித்தாள். "எளைச்சுப் போயிட்ட. சோறு போடுறாங்களா இல்லையா?"

"போடுறாங்க. இவளை எதுக்கு இங்க விட்டீங்க?"

"வயலுக்கு வெரட்டத்தான் பாத்தேன். உன்னைப் பாத்துட்டுத்தான் போவேன்னு நின்னுட்டா."

"என்ன சொல்றாங்க?" என்று துயெத் கேட்டாள்.

"இந்த மீனு காலையில குட்டையில புடிச்சதாங்கக்கா."

பியென் சாற்றை ஒவ்வொரு கிண்ணத்திலும் ஊற்றிக்கொண்டு வந்தாள். அவள் குரல் மாறவில்லை. உபசாரம் செய்கிற குரல்தான். "ஒண்ணு சொல்லணும். போன்ல சொல்ல வாய் வரல. இவளைப் பள்ளிக்கூடத்துல சேக்கப் போனோம். பொறந்த சீட்டு கேட்டாங்க. எடுத்துட்டோம். எங்க ரெண்டு பேரு பேருல."

லுயென் கையிலெடுத்த சோற்றை இலையில் வைத்தாள். ஒரு வாய்த் தண்ணீர் குடித்தாள். "என்னைக் கேக்கல."

"கேட்டா என்ன சொல்லியிருப்ப? அப்பன் பேரு எழுதுற எடத்துல கோடு போட்டு அனுப்பச் சொல்லியிருப்பியா? எனக்குப் புள்ளையே இல்லன்னு நீ அங்க சொன்ன. இது என் புள்ளைன்னு நான் இங்க சொன்னேன். ரெண்டும் ஒரே பொய்தான். உன் பாதியை நீ சொன்ன, என் பாதியை நான் சொன்னேன்."

"நான் திரும்பி வந்துட்டா?"

"வா. உன் வீடுதான். அத்தைன்னு கூப்பிடுவா." சிரிப்பு அப்படியே இருக்க, பியெனின் கண் மட்டும் நிறைந்தது. அடுப்புப் புகை பட்டவள்போல முழங்கையால் துடைத்துக்கொண்டாள். "நான் திருடலடி. ராத்திரியெல்லாம் காய்ச்சல்ல அவ கத்தினப்ப நான்தான் தூக்கிட்டு நடந்தேன்."

"இப்ப என்னவாம்?" துயெத் ஆவலோடு எட்டிப் பார்த்தாள்.

"மூங்கில் குருத்தை எப்படி வேக வைக்கறதுன்னு கேட்டேங்கக்கா. ரெண்டு தண்ணி மாத்தணுமாம். இல்லேன்னா கசக்குமாம்."

"கேட்டு வச்சுக்கோ. வீட்டுல செய்யலாம்."

சாப்பாட்டுக்குப் பிறகு காங் ஜன்னலோரம் படுத்துத் தூங்கிவிட்டான். துயெத் தொங்கவிட்டிருந்த நெசவுத் துணிகளை ஒவ்வொன்றாகப் புரட்டிப் பார்த்துக்கொண்டிருந்தாள். லுயென் தட்டுகளை அடுக்கினாள். அடுக்கும் சாக்கில் வாசல் பக்கம் திரும்பி உட்கார்ந்தாள். படியின் மேல்முனையில் இரண்டு பிள்ளைகளும் விளையாடிக்கொண்டிருந்தார்கள். லிம் ஓர் ஓலைத்தும்பியை விரல்நுனியில் நிறுத்திக் காட்டினாள். மித் கேட்டாள். லிம் கொடுத்தாள், விரலில் நிறுத்தத் தெரியாமல் மித் கீழே போட்டாள், மறுபடியும் லிம் எடுத்து நிறுத்திக் காட்டினாள். மித்துக்குக் கோபம் வந்தது. இரண்டு கையாலும் லிம்மின் நெஞ்சில் தள்ளினாள்.

தட்டுகள் சரிந்த சத்தமும் லிம் உருண்டு விழுந்த சத்தமும் ஒன்றாகக் கேட்டன. லுயென் ஓடினாள். மேலே மித், தான் செய்ததைப் பார்த்துப் பயந்து, கையை விரித்துக்கொண்டு அலறினாள். கீழே, ஏழு படிக்கு அப்பால், மண்ணில் லிம் உட்கார்ந்திருந்தாள். தாடையிலிருந்து ரத்தம் வெள்ளைச் சட்டையில் இறங்கியது.

லுயென் மித்தைத் தூக்கினாள்.

யாராவது பார்க்கிறார்களா என்று அவள் அப்போது நினைக்கவேயில்லை. வேலை போய்விடும் என்று பயந்து செய்ததும் இல்லை. பிறகு எத்தனையோ முறை நினைத்துப் பார்த்தபோது அவளால் தாங்கமுடியாமல் போனது அதுதான். கைகள் தாமாகவே போயின; பதினாலு மாதம் எந்தக் கனத்தைத் தூக்கினவோ அந்தக் கனத்தையே தூக்கின. மித் கழுத்தைக் கட்டிக்கொண்ட பிறகுதான் அவள் கீழே பார்த்தாள். லிம் வாயைத் திறந்தபடி அவளையே பார்த்துக்கொண்டிருந்தாள். அழவில்லை. அப்புறம் மெதுவாக முகத்தை அடுப்படிப் பக்கம் திருப்பி, "அம்மா," என்று கூப்பிட்டாள்.

பியென் ஈரக்கையோடு ஓடிவந்து வாரி எடுத்தாள்.

துயெத் பதறிப்போனாள். மகளை ஒரு அடி அடித்தாள், அடித்துவிட்டுத் தானே தூக்கி வைத்துக்கொண்டாள். பியெனிடம் திரும்பத் திரும்ப மன்னிப்புக் கேட்டாள். "எவ்ளோ தைரியமான பொண்ணு! ஒரு சொட்டு அழல பாருங்க. உங்க பொண்ணுங்களா?"

"ஆமாங்கக்கா. என் பொண்ணுதான்."

துயெத் கைப்பையிலிருந்து மருந்தையும் பஞ்சையும் ஒட்டுப்போடும் பட்டையையும் எடுத்து லுயெனிடம் நீட்டினாள். "இந்தா, நீ போட்டு விடு. உனக்குத்தான் வலிக்காம போட வரும்."

லுயென் மண்டியிட்டாள். ஒரு கையால் மகளின் தலையைப் பின்புறம் தாங்கிக்கொண்டாள். முடியில் அடுப்புப் புகையும் வெயிலும் மணத்தன. காயம் சின்னதுதான், ஆனால் ஆழம். பஞ்சை வைத்து அழுத்தியபோது பிள்ளையின் கழுத்து நரம்பு அவள் விரலுக்கடியில் ஓடியது. எவ்வளவு மெதுவாகச் செய்யலாமோ அவ்வளவு மெதுவாகச் செய்தாள்.

"வலிக்குதாடி?" என்று அவர்கள் மொழியில் கேட்டாள்.

"இல்லீங்க அத்தை," என்றாள் லிம், எல்லாருக்கும் கேட்கும்படி, விருந்தாளிகளின் மொழியில். பிறகு, பட்டையை ஒட்டுவதற்காக லுயென் இன்னும் குனிந்தபோது, உதடு அசையாமல் தன் மொழியில் கேட்டாள்: "நான் சரியா செஞ்சேனா?"

லுயென் பட்டையின் ஓரங்களைக் கட்டைவிரலால் நீவிவிட்டாள். ஒட்டியதையே மறுபடி நீவினாள்.

"சரியா செஞ்ச."

"என்ன கேக்கறா?" என்றாள் துயெத், பின்னாலிருந்து.

அன்று முழுவதும் மீனும் குருத்துமாகப் பொய் சொல்லிவந்த வாய்க்கு இப்போது ஒன்றும் வரவில்லை. "ஒண்ணுமில்லீங்கக்கா," என்று மட்டும் சொன்னாள். நிமிர்ந்தபோது துயெத் அவளைப் பார்த்துக்கொண்டிருந்தாள். வீட்டில் ஏதாவது சாமான் வைத்த இடத்தில் இல்லையென்றால் பார்ப்பாளே, அப்படி.

மூன்று மணிக்குக் கிளம்பினார்கள். காங் காரைப் பின்னுக்கு எடுத்துத் திருப்பினான். அறுப்பு வண்டிகள் போய் வந்து குழியாகிவிட்ட பாதை, கார் ஊர்ந்தது. துயெத் கண்ணாடி வழியாக வெளியே பார்த்தபடி இருந்தாள்.

"அந்தப் பொண்ணுக்கு என்ன வயசிருக்கும் லுயென்?"

"தெரியலீங்கக்கா."

"ஆறு இருக்கும்," என்றாள் துயெத். திரும்பிப் பார்க்காமலே, "உனக்கு அடுத்த வாரம் லீவு கீவு ஏதாவது வேணுமா?" என்று கேட்டாள்.

அந்தக் கேள்வி எந்தப் பக்கத்திலிருந்து வருகிறது என்று லுயெனுக்குப் பிடிபடவில்லை. இரக்கமா, சோதனையா, அல்லது வேறு ஆளைப் பார்த்துக்கொள்கிறோம் என்பதற்கு முதல் வார்த்தையா. முன் இருக்கைக்கு மேல் தெரிந்த பின்னந்தலையில் ஒன்றும் எழுதியிருக்கவில்லை.

"வேணாங்கக்கா," என்றாள்.

பாதையோரத்தில் ஊர்ப்பிள்ளைகள் ஏழெட்டுப் பேர் வரிசையாக நின்று, போகும் காருக்குக் கையசைத்தார்கள். எல்லாக் கார்களுக்கும் அசைப்பதுதான். கடைசியில் லிம் நின்றிருந்தாள், தாடையில் பட்டையோடு, கையில் காப்புத் தட்டோடு. காங்கின் ஜன்னலுக்கு அசைத்தாள், துயெத்தின் ஜன்னலுக்கு அசைத்தாள், பின் ஜன்னலுக்கும் அதே போல அசைத்தாள். மித் உற்சாகமாகி, "டாட்டா சொல்லு! நீயும் சொல்லு!" என்று லுயெனின் மணிக்கட்டைப் பிடித்துத் தூக்கி, தானே ஆட்டினாள்.

எதிரே ஒரு வேன் வந்தது, கூரையில் சுற்றுலாக்காரர்களின் பெட்டிகளோடு. காங் வயல் ஓரமாக ஒதுங்கி வழிவிட்டான். புழுதி அடங்கியபோது பிள்ளைகள் எல்லாம் வேனின் பின்னால் ஓடிக்கொண்டிருந்தார்கள். லிம் கொஞ்சம் பின்தங்கி, ஒரு கையால் தாடையைப் பிடித்துக்கொண்டு, மறுகையால் தட்டைத் தலைக்கு மேலே உயர்த்திக்கொண்டு, இடது பாதம் உள்பக்கமாக விழ விழ ஓடினாள்.