கடைசி இரண்டு போல்ட்

“சோபாவைச் சாய்ச்சுத் தூக்குங்க தம்பி. நேரா போனா கதவுல இடிக்கும்!”

எதிர்வீட்டு டாக்சி டிரைவர் சொல்லி முடிப்பதற்குள் இடித்துவிட்டது. கதவுச் சட்டத்தில் விரல் நீளத்துக்குப் பெயின்ட் பெயர்ந்து விழுந்தது. மறுமுனையைப் பிடித்திருந்தவன் அதைப் பார்த்தபடி அப்படியே நின்றான். யாராவது கேலி செய்யட்டும் என்று காத்திருப்பவன் மாதிரி.

கேலி செய்ய வேண்டியவர் ஆஸ்பத்திரியில் ஒரு கையெழுத்துக்காகக் காத்திருந்தார். பதினொரு மணிக்கு இந்த ஹாலுக்கு வந்துவிடுவார். படுத்தபடி.

அவர் இவனுடைய அக்கா புருஷன். லிஃப்ட் மெக்கானிக். நேற்று மதியம், பன்னிரண்டு மாடிக் கட்டடம் ஒன்றின் உச்சியில், மெஷின் அறையில், “ஒரு நிமிஷம் உட்கார்றேன்” என்று சொல்லி உட்கார்ந்தவர்தான். நாற்பத்தொரு வயசு. நெஞ்சு வலிக்கிறது என்றுகூடச் சொல்லவில்லையாம்.

இவனுக்கு அவர் வைத்த பெயர் ‘அவசரம்’. “அவசரம் வந்தாச்சா? சீக்கிரம் பரிமாறு, தட்டு வர்றதுக்குள்ள சாப்பிட்டு எந்திரிச்சிடுவான்.” பார்சல் வேன் ஓட்டுகிறவன். ஒரு நாளைக்குத் தொண்ணூறு வீட்டுக் கதவைத் தட்டியாக வேண்டும். அந்த ஓட்டம் வேனை விட்டு இறங்கினாலும் கால்களை விடுவதில்லை. போன வருஷம் அக்காவுக்கு ஒரு புத்தக அலமாரி பூட்டிக் கொடுத்தான். நாலு ஸ்க்ரூ மிச்சம் வந்தது. “கம்பெனிக்காரன் எக்ஸ்ட்ரா குடுத்திருக்கான் அத்தான்” என்றான் பெருமையாக. மறுநாள் காலையில் அலமாரி குப்புற விழுந்து கிடந்தது. அந்த நாலு ஸ்க்ரூவையும் அத்தான் ஒரு டப்பாவில் போட்டு, ‘எக்ஸ்ட்ரா’ என்று எழுதி, டிவிக்குப் பக்கத்தில் வைத்தார். வருகிற விருந்தாளிக்கெல்லாம் எடுத்துக் காட்டுவார்.

டப்பா அங்கேயேதான் இருந்தது. டிவியை நகர்த்தும்போது அவன் அதைச் சட்டைப் பைக்குள் போட்டுக்கொண்டான்.

சோபா வெளியே போனதும், அதன் பின்னால் சுவரோரம் சாய்ந்து நின்றது தெரிந்தது. பச்சை நிறத்தில் ஒரு ஸ்கூட்டர். காலால் உந்தி ஓட்டுகிற, பிள்ளைகள் ஸ்கூட்டர். பக்கத்தில் பிரித்த அட்டைப்பெட்டி.

“அது என்னோடது.”

குரல் சாப்பாட்டு மேஜைக்கு அடியிலிருந்து வந்தது. அக்கா மகள். ஏழு வயசு. ஒல்லிக்குச்சியாக இருப்பதால் வீட்டில் அவள் ‘சில்லு’. நேற்று சாயங்காலத்திலிருந்து அவள் பேசிய முதல் வார்த்தை இது.

அவன் குனிந்து மேஜைக்கு அடியில் முகத்தை நீட்டினான். “உன்னோடதுதான் செல்லம். யாரும் எடுக்கல.”

“ஓட்டட்டுமா மாமா?”

“அப்பா பூட்டி முடிச்சுட்டாரா?”

“கோடு இருக்கே. பாரு.”

பார்த்தான். முன்சக்கரம், பின்சக்கரம், மடக்குகிற இடம், ஹாண்டிலைப் பிடித்திருக்கும் இரண்டு போல்ட். எல்லாவற்றின் தலையிலும் ஒரு வெள்ளைக் கோடு.

அந்தக் கோடு அத்தானின் தொழில் வழக்கம். ஒரு போல்ட்டை முழுசாக முடுக்கியதும், அதன் தலையிலிருந்து பக்கத்து இரும்பு வரைக்கும் பெயின்ட் பேனாவால் ஒரே இழுப்பு. பிறகு போல்ட் மயிரிழை தளர்ந்தாலும் கோடு உடைந்து காட்டிக் கொடுத்துவிடும். அந்த வழக்கத்தை அவர் வீட்டுக்கும் கொண்டுவந்துவிட்டார். கட்டில் கால், மின்விசிறி, கதவுக் கீல், குக்கர் கைப்பிடி எதுவும் தப்பவில்லை. கோடு இருந்தால் வேலை முடிந்தது. கோடு இல்லையென்றால் தொடாதே. வீட்டில் எல்லோருக்கும் அது மனப்பாடம்.

அவன் அக்காவிடம் போனான். அவள் பீரோவைத் திறந்துவைத்துக்கொண்டு, இரண்டு சட்டைகளைக் கையில் வைத்திருந்தாள்.

“எந்தச் சட்டைன்னு போன்ல கேக்குறாங்கடா. நீலம் பிடிக்கும்... ஆனா இதுல காலர் நைஞ்சிருக்கு.”

“நீலமே குடுக்கா.”

“ம்.” நைந்த காலரைக் கட்டைவிரலால் தடவிக்கொண்டிருந்தாள்.

“சில்லு ஸ்கூட்டர் ஓட்டணும்ங்கறா. பேசிட்டாக்கா.”

அவள் சட்டென்று திரும்பினாள். “பேசுனாளா? கீழ கூட்டிட்டுப் போ. ஓட்டட்டும். வண்டியில இருந்து அவரை இறக்கறத மட்டும் அவ பாக்க வேணாம். அதுக்குள்ள மேல கொண்டுவந்துடு.”

அவ்வளவுதான் அவனுக்கு இடப்பட்ட வேலை. நாற்பது நிமிஷம் ஒரு குழந்தையைப் பார்த்துக்கொள்ள வேண்டும்.

லிஃப்ட்டில் கீழே இறங்கினார்கள். கட்டடத்துக்குப் பின்பக்கம் கார் நிறுத்தும் சமதளம். அங்கிருந்து தெருவுக்கு ஒரு நீளச் சரிவு. சரிவின் அடியில் கேட். கேட்டைத் தாண்டினால் லாரி போகிற சாலை.

“இந்தத் தரையிலயே சுத்து. சரிவுப் பக்கம் போகாத, என்ன?”

சில்லு தலையாட்டினாள். ஒரு காலை வைத்து, மறுகாலால் மெதுவாக உந்தி, நாலடி போனாள். நேராகத்தான் போனது.

கேட்டில் யாரோ கூப்பிட்டார்கள். அத்தானோடு வேலை பார்ப்பவர். நெற்றியில் விளக்குக் கட்டிக்கொண்டு டீக்கடைக்குக்கூட வந்துவிடுவார் என்பதால் அவர் ‘டார்ச்’. இன்று நெற்றி வெறுமையாக இருந்தது. கையில் அத்தானின் பை.

அவன் சரிவில் இறங்கிப் போனான்.

“மேல வாங்கண்ணே.”

“தங்கச்சி முகத்தப் பாக்குற தைரியம் எனக்கு இல்ல தம்பி. கடைசியா என்கிட்டதான் பேசுனான். ‘ஒரு நிமிஷம்’னான். நானும் சரி உக்காருன்னு வயரைப் பாத்துட்டு இருந்துட்டேன்.” பையை நீட்டினார். “டிபன் பாக்ஸ் இருக்கு. பெயின்ட் பேனா இருக்கு. இது சட்டைப் பையில இருந்துச்சு. ஆஸ்பத்திரியில குடுத்தாங்க.”

சுண்டுவிரல் நீளத்தில், ‘எல்’ மாதிரி வளைந்த, போல்ட் முடுக்குகிற ஒரு ஆலன் கீ.

“எங்க செட்டுல இவ்ளோ சின்னது கிடையாது. நேத்துக் காலைல இதக் காட்டித்தான் அப்படிச் சிரிச்சான். ‘பொண்ணு ஸ்கூட்டர் பூட்டிட்டு இருந்தேன், லிஃப்ட்ல ஆளு மாட்டிக்கிச்சுன்னு போன் வந்துருச்சு. ஹாண்டில்ல ரெண்டு போல்ட்ட விரலால திருகி வச்சுட்டு ஓடியாந்தேன். கீய வீட்ல வச்சா என் மச்சினன் வந்து ரெண்டே நிமிஷத்துல பூட்டிப் பொண்ண ஏத்தி விட்டுருவான். அதான் கையோட கொண்டாந்துட்டேன். அவசரத்துக்குக் கைய கட்டியாச்சு’ன்னான்.”

அவனுக்குச் சிரிப்பு வந்தது. நேற்றிலிருந்து முதல் தடவையாக. வந்த சிரிப்பு பாதியிலேயே நின்றது.

“எந்த ரெண்டு போல்ட்டுண்ணே?”

“ஹாண்டில்ல.”

“அதுல கோடு இருக்கே!”

“கோடா? முடுக்காம அவன் கோடு போடுவானா? செத்தாலும்...” டார்ச் வாயை மூடிக்கொண்டார்.

அவன் திரும்பிப் பார்த்தான்.

சரிவின் உச்சியில் சில்லு. ஒரு கால் பலகையில். மறுகால் தரையில்.

“சில்லு! இறங்கு!”

அவள் உந்திவிட்டாள்.

அவன் ஓடினான். மேல்நோக்கி, வாழ்நாளில் எந்தப் பார்சலுக்கும் ஓடாத ஓட்டம். ஸ்கூட்டர் வேகம் பிடித்தது. தன்னை நோக்கி வரும் மாமாமேல் மோதாமல் விலகிப் போக அவள் ஹாண்டிலைத் திருப்பினாள். ஹாண்டில் திரும்பியது. சக்கரம் திரும்பவில்லை. அவன் இரண்டு கையாலும் அவள் இடுப்பைக் கவ்வி இழுத்துக்கொண்டு பக்கவாட்டில் விழுந்தான். முழங்கை சிமெண்ட்டில் தேய்ந்தது. ஆளில்லாத ஸ்கூட்டர் மட்டும், ஹாண்டில் ஒருபக்கம் பார்க்க, சக்கரம் வேறுபக்கம் பார்க்க, கடகடவென்று இறங்கிப் போய்க் கேட்டின் கம்பியில் மோதிச் சாய்ந்தது. கம்பிக்கு அந்தப் பக்கம் ஒரு லாரி ஹாரன் அடித்துக்கொண்டு போனது.



டார்ச் ஸ்கூட்டரைத் தூக்கிக்கொண்டு வந்தார். அவன் ஹாண்டில் போல்ட்டின் கோட்டை நகத்தால் தொட்டுப் பார்த்தான். தடிமனாக, பளபளவென்று, ஓரத்தில் வழிந்து காய்ந்திருந்தது.

“யாரு போட்டது சில்லு?”

அவள் முகத்தைத் திருப்பிக்கொண்டாள்.

“மாமா திட்ட மாட்டேன்.”

“அம்மாவோட வெள்ளை நெயில் பாலிஷ்.” அவள் தரையைப் பார்த்தபடி சொன்னாள். “நேத்து எல்லாரும் அழுதுட்டு இருந்தப்ப.”

“ஏன்டா?”

“ஓட்டணும்னு இல்ல.” உதடு பிதுங்கியது. “எல்லாரும் வந்து வந்து, பாதியில விட்டுட்டுப் போயிட்டாரே, பாதியில விட்டுட்டுப் போயிட்டாரேன்னு சொன்னாங்க. அப்பா பாதியில விட மாட்டார்.”

டார்ச் கேட் பக்கம் திரும்பிக்கொண்டார். மூக்கை உறிஞ்சும் சத்தம் மட்டும் கேட்டது. பிறகு கரகரத்த குரலில், “கீயக் குடு தம்பி. அரை நிமிஷ வேலை. நான் முடுக்கிடறேன்” என்றார்.

“இல்லண்ணே. நான் பாத்துக்கறேன்.”

பையைத் துழாவினான். டிபன் பாக்ஸுக்கு அடியில், நாலாக மடித்த விளக்கத் தாள். வெறும் படங்கள்தான். முதல் ஆறு படங்களுக்குப் பக்கத்தில் பென்சில் டிக். ஏழாவதில் இல்லை. இப்படி ஒரு தாளை அவன் இதுவரை பிரித்ததே இல்லை. நேராகக் குப்பைக்குத்தான் அனுப்புவான்.

தரையில் சம்மணம் போட்டு உட்கார்ந்தான். “ஏழாவது படம் என்ன சொல்லுது சில்லு? எனக்குப் புரியல.”

அவள் கண்ணைத் துடைத்துக்கொண்டு எட்டிப் பார்த்தாள். “மண்டு. சக்கரமும் ஹாண்டிலும் நேரா இருக்கணும். அப்பா சொன்னார்.”

“நேரா இருக்கா?”

“இல்ல. கொஞ்சம் இந்தப் பக்கம். இன்னும். போதும்.”

“இப்ப மேல் போல்ட்ட முடுக்கிடவா?”

“ஒண்ணையே முடுக்கக் கூடாது! இது கொஞ்சம், அது கொஞ்சம். மாத்தி மாத்தி.”

இது கொஞ்சம், அது கொஞ்சம். சின்னக் கீ உள்ளங்கையில் அழுந்தியது. போல்ட் திரும்பத் திரும்ப, நெயில் பாலிஷ் கோடு நடுவில் உடைந்து, பாதி ஒருபக்கமும் பாதி வேறுபக்கமுமாக விலகிப் போனது. சில்லு அதைப் பார்த்தாள்.

முன்சக்கரத்தை இரண்டு முழங்காலுக்கும் நடுவில் இடுக்கிக்கொண்டு, படத்தில் இருக்கிற மனிதனைப் போலவே, ஹாண்டிலை முழு பலத்தோடு முறுக்கிப் பார்த்தான். அசையவில்லை. இன்னொரு தடவை பார்த்தான். மூன்றாவது தடவையும்.

பெயின்ட் பேனாவின் மூடி ‘டக்’கென்று திறந்தது. அதை அவளிடம் நீட்டினான். அவள் கையைப் பின்னால் கட்டிக்கொண்டாள்.

“முடுக்குனவங்கதான் போடணும் மாமா.”

போட்டான். இரண்டு கோடும் கோணல். அவற்றை அவள் குனிந்து வெகுநேரம் பார்த்தாள். “பரவால்ல” என்றாள்.

டார்ச் போனை அணைத்துப் பைக்குள் வைத்தார். “ஆஸ்பத்திரியில இருந்து கிளம்பிட்டாங்களாம். பத்து நிமிஷம். நீங்க மேல போங்க. நான் இங்க நிக்கறேன்.” பிறகு கட்டடத்தை அண்ணாந்து பார்த்தார். “லிஃப்ட்லதானே ஏத்தணும். பயமில்ல. அது அவன் கைப்பட்ட லிஃப்ட்.”

லிஃப்ட்டுக்குள் ஸ்கூட்டரை நிறுத்தி நாலாவது மாடியை அழுத்தினான். கதவு மூடியது. மூன்று பக்கமும் கைப்பிடிக் கம்பி. ஒவ்வொரு தாங்கியிலும் இரண்டு இரண்டு போல்ட். எத்தனையோ நூறு தடவை இதில் ஏறியிருக்கிறான். இன்றைக்குத்தான் கண்ணில் பட்டது. ஒவ்வொரு தலையிலும் மெல்லிய வெள்ளைக் கோடு. ஒன்றுகூடக் கோணல் இல்லை. ஒன்றுகூட உடையவில்லை.

சில்லுவும் பார்த்துவிட்டாள். விரலால் தொட்டுத் தொட்டு எண்ண ஆரம்பித்தாள்.

“ஒண்ணு... ரெண்டு... மூணு...”

லிஃப்ட் குலுங்காமல் நின்றது. கதவு திறந்தது. வாசலில் செருப்புகள் நிறைந்து கிடந்தன. உள்ளேயிருந்து யாரோ அவனைக் கூப்பிட்டார்கள்.

“ஏழு... எட்டு...”

மூடப் பார்த்த கதவை அவன் கையால் பிடித்துக்கொண்டு, அவள் எண்ணி முடிக்கும்வரை நின்றான்.